மாடி மேலே ஒரு பிராது

எங்கள் வீட்டுக்காரர் கோதண்டபாணியைப் போல ஒரு மனுஷரை, விருத்தாசலம் ஜங்ஷனில் ரயில் மாறுகிற அத்தனை ஊர்க்காரர்களிலும் தேடினாலும் காண முடியாது. இதை நான் சொல்லவில்லை. அவரே சொல்வார். நான் ஆமாம் என்பேன். உண்மையும் அதுதான்.

பீங்கான் கம்பெனியில் அச்சுப் பிரிவுக்கு அவர்தான் மேஸ்திரி. களிமண் காய்ந்தால் சுருங்கும். சூளையில் வெந்தால் இன்னும் சுருங்கும். ஒரு சாண் பிள்ளையார் வேண்டுமென்றால் அச்சை எவ்வளவு பெரிதாகப் போட வேண்டும் என்பதைக் கண்ணாலேயே அளந்து சொல்லிவிடுவார். சூளையைத் திறந்தால் சொன்ன அளவில் பிள்ளையார் உட்கார்ந்திருப்பார். தும்பிக்கை ஒரு நூல் பிசகாது.

அப்பேர்ப்பட்டவர் தொண்ணூற்றொன்றாம் வருஷம் தை மாசம் ஒரு காலையில், வாயில் பல்பொடி நுரையோடு சபதம் போட்டார்.

"சொர்ணம்! இனிமே வாடகை வூட்டுல ஒரு பொங்கல் பொங்க மாட்டோம்!"

காரணம் ஒரு ஆணி. முருகர் படம் மாட்டலாம் என்று சுவரில் நான்தான் அடித்தேன். மூன்றாவது அடிக்கே வீட்டுச் சொந்தக்காரம்மா நீலாவதி ஓடி வந்துவிட்டார்.

"யாரு சொவத்துல யாரு ஆணி அடிக்கறது?"

"முருகருக்குங்கம்மா."

"முருகருக்கு மலை மலையா எடம் இருக்குது. என் சொவருதான் கேட்டாரா?"

நான் ஆணியைப் பிடுங்கிவிட்டேன். முருகரை அரிசி டிரம் மேல் சாய்த்து வைத்தேன். அதைத்தான் இவரால் தாங்க முடியவில்லை. என் முகம் வாடினால் அவருக்குச் சோறு இறங்காது. இந்தக் குணத்துக்காகவே அவருக்கு ஏழு ஜென்மமும் சமைத்துப் போடலாம்.

"என் பொண்டாட்டிக்கு ஆணி அடிக்க ஒரு சொவரு வேணும். அதுக்கு வூடு கட்டறேன். மாடி வூடு!"

"ஒரு ஆணிக்கு மாடி எதுக்குங்க?"

"கீழ நாம. மாடியில நானு."

"நாமன்னா அதுல நீங்க இல்லையா?"

"ஞாயித்துக்கிழம மட்டும் மாடிடீ. ஈஸிசேரு போட்டுக் காத்து வாங்குவேன். கம்பெனில எல்லாருகிட்டயும் சொல்லிட்டேன்."

அங்கேதான் விஷயம் கெட்டது. என்னிடம் சொன்னதை மாற்றிக்கொள்வார். கம்பெனியில் சொன்னதை மாற்றினால் மீசை போய்விடும்.

எங்கப்பா என் பேருக்கு எழுதி வைத்த மனை ஒன்று ஜங்ஷனுக்குப் பின்னால் கிடந்தது. அதை அடமானம் வைத்து அறுபதாயிரம் கடன். நாற்பதில் கீழ் வீடு, இருபதில் மாடி ரூம். இதெல்லாம் அவர் ஏற்கெனவே விசாரித்து முடித்திருந்தார்.

"மாசம் எண்ணூறு ரூபா சொர்ணம். இப்ப வாடகையே முந்நூறு அழுவறோம். மேக்கொண்டு ஐநூறு போட்டா வூடு நம்முது!"

"எத்தினி வருஷங்க?"

"அதுவா... பதினஞ்சு." இதை மட்டும் இருமலுக்கு நடுவில் சொன்னார்.

"பதினஞ்சா? உங்களுக்கு இப்ப நாப்பத்தாறு. கம்பெனில அம்பத்தெட்டுல அனுப்பிடுவாங்களே. அதுக்கப்புறம் மூணு வருஷம் எதுலேருந்துங்க கட்டறது?"

எனக்கு அது ஒன்றுதான் கவலை. வாழ்நாள் பூராவும் சூளைச் சூட்டில் நின்ற மனுஷர். வயசான காலத்தில் தவணைக்காக இன்னொரு சூளையில் போய் நிற்பாரா? இல்லை, அப்போது படித்துக்கொண்டிருந்த எங்கள் பிள்ளைகள் தலையில் விழுமா?

அவர் சிரித்தார். குழந்தைக்குச் சொல்வது போலச் சொன்னார்.

"உனுக்கு மண்ணப் பத்தித் தெரியல. பச்ச மண்ணு எப்பச் சுருங்கும்? எடுத்து வெச்ச மொத ரெண்டு நாள்லயே பெருஞ்சுருக்கம் சுருங்கிடும். அப்புறம் கொஞ்சங்கொஞ்சமா. கடனும் அப்படித்தான். மொத அஞ்சு வருஷத்துல பாதி காணாமப் போயிடும். கடைசி மூணு வருஷம் சுண்டைக்கா அளவுதான் நிக்கும்."

முப்பது வருஷ மண் அனுபவம் பேசுகிறது. நான் என்ன சொல்ல? ஆனால் பக்கத்து வீட்டு அம்புஜவல்லி சுவருக்கு மேலே தலையை நீட்டினாள். அவளுக்கு எங்கள் வீட்டுப் பேச்சில் பாதி பங்கு உண்டு.

"அண்ணே, மொத்தமா எவ்ளோ கட்டுவீங்க?"

"மொத்தமா எவம்மா கட்டறான்? மாசாமாசந்தான கட்டறோம்!"

"போன மாசம் நான் தவணையில அண்டா வாங்கினப்ப மட்டும், 'மொத்தம் கூட்டிப் பாத்தியா? ஒரு அண்டாவுக்கு ரெண்டு அண்டா காசு குடுக்கற'ன்னு தெருவே கேக்கச் சிரிச்சீங்களே?"

"அண்டாவும் வூடும் ஒண்ணா? அண்டாவுல குடியிருக்க முடியுமா?"

"எங்க வூட்டுக்காரரு கோவிச்சிக்கிட்டா அதுக்குள்ளதான் உக்காந்திருக்கறாரு."

இவர் துண்டை உதறிக்கொண்டு குளிக்கப் போய்விட்டார்.

மனை என் பேரில் இருந்ததால் கடன் ஆபீசுக்கு நானும் போக வேண்டியிருந்தது. அங்கே சக்கரபாணி என்று ஒருவர். நல்ல மனுஷர், நெற்றி நிறைய விபூதி. பேப்பர் பேப்பராக எடுத்து வைத்து, "இங்க, இங்க, இங்க கையெழுத்து" என்றார். நான் அஞ்சாவது வரைக்கும்தான். கையெழுத்துப் போடவே கொஞ்சம் நேரமாகும். பேனாவைப் பேப்பரில் வைப்பதற்கு முன்னால் கேட்டேன்.

"சார், தப்பா நெனச்சிக்காதீங்க. அஞ்சு வருஷம் ஒழுங்கா கட்டினா கடன் எவ்ளோ கொறஞ்சிருக்கும்?"

இவர் முந்திக்கொண்டார். "பாதி! நான்தான் சொன்னேனே."

சக்கரபாணி தடியாக ஒரு அட்டவணையைப் புரட்டினார். கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டார்.

"அஞ்சு வருஷத்துல நீங்க கட்டியிருக்கறது நாப்பத்தெட்டாயிரம். கடன்ல கொறஞ்சிருக்கறது... எட்டாயிரத்து ஐநூறு."

"மீதி எங்க சார்?" என்றார் இவர்.

"வட்டிக்குப் போயிடுச்சு. பெரிய கடன் நிக்கறப்ப பெரிய வட்டி. மொத மாசம் நீங்க கட்டற எண்ணூறுல எழுநூறு வட்டிதான். நூறுதான் கடனுக்கு."

இவர் எங்கள் கல்யாணத்தன்று கூட இப்படி முழித்ததில்லை.

"என்னா சார் இது? ஊருல மண்ணெல்லாம் மொதல்ல சுருங்கும். உங்க கடன் மட்டும் அஞ்சு வருஷமா ஈரமாவே கெடக்குது!"

சக்கரபாணிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நான் பேனாவைக் கீழே வைக்காமல் இன்னொன்று கேட்டேன்.

"மாடி ரூமு வேணாம், நாப்பதாயிரம் போதும், ஆனா அதே எண்ணூறு கட்டறோம்னா எப்பங்க தீரும்?"

அவர் மறுபடி புரட்டினார். "ஆறு வருஷத்துக்கு மேல கொஞ்சம்."

"பதினஞ்சு எங்க, ஆறு எங்க! அப்ப மாடி ரூமுக்கு மட்டும் கிட்டத்தட்ட ஒம்போது வருஷமா சார்?"

"அப்படியும் சொல்லலாம்மா. இதுவரைக்கும் யாரும் இப்படிக் கேட்டதில்ல."

கையெழுத்து வெள்ளிக்கிழமை என்று சொல்லி எழுந்து வந்தோம். பஸ் ஸ்டாண்டு தாண்டியதும் இவர் மீசையைத் தடவினார். எனக்குப் புரிந்துவிட்டது. கணக்கு தோற்றது, கம்பெனி ஜெயித்தது.

"கணக்கு கெடக்குது சொர்ணம். மாடி மாடிதான். சொன்ன சொல்லு சொன்னதுதான்."

மறுநாள் அவர் வேலைக்குப் போனதும் மணவாளநல்லூருக்குக் கிளம்பினேன். எங்கள் பக்கத்தில் மனுஷரிடம் தீராத வழக்கை அங்கே இருக்கும் கொளஞ்சியப்பர் என்கிற முருகர் கோயிலுக்குக் கொண்டு போவார்கள். ஆடு காணாமல் போனாலும் சரி, கைமாற்று திரும்பி வராவிட்டாலும் சரி, குறையைக் காகிதத்தில் எழுதி, அங்கே காவல் நிற்கும் முனியப்பர் எதிரில் கட்டிவிட்டு வருவார்கள். அதற்குப் பேர் பிராது. கட்டிவிட்டால் வழக்கு சாமி கையில். தீர்ந்த பிறகு, கட்டினவர்களே போய் வாபஸ் வாங்க வேண்டும். போலீசு ஸ்டேஷன் படி ஏறத் துணிகிறவன் கூட இந்தப் பிராதுக்கு நடுங்குவான்.

கோயிலில் காகிதம் வாங்கி உட்கார்ந்தேன். 'என் வீட்டுக்காரர் கோதண்டபாணி' என்று எழுதினேன். மேலே ஓடவில்லை. அவர் என்ன குற்றம் செய்தார்? எனக்கு ஆணி அடிக்க ஒரு சுவர் வேண்டும் என்று ஆசைப்பட்டார். அதற்குப் போய் பிராதா? முருகா, அவருக்கு நல்ல புத்தி கொடு, புத்தி அவரிடம் நிறையவே இருக்கிறது, அதை எடுத்துக் கொடு, போதும் என்று கும்பிட்டுவிட்டு, அந்தக் காகிதத்தைக் கிழித்துப் போட்டுவிட்டு வந்தேன்.

சாயங்காலம் விபூதியை நீட்டினேன். பூசிக்கொண்டே கேட்டார். "எந்தக் கோயிலு?"

"கொளஞ்சியப்பருங்க."

பூசின கை நெற்றியிலேயே நின்றுவிட்டது.

"கொளஞ்சியப்பரா? எதுக்குப் போன? பி... பிராதா?"

நான் வாயைத் திறப்பதற்குள் சுவருக்கு மேலே தலை முளைத்தது.

"பின்ன என்னா அண்ணே, வேல நாள்ல காத்து வாங்கவா போயிருப்பாங்க அக்கா?"

உள்ளே சோறு பொங்கி வழிந்தது. நான் ஓடிவிட்டேன். திரும்பி வந்தபோது மனுஷர் வேர்த்துப்போய் நின்றார்.

"யாரு மேல, சொர்ணம்? எம் மேலயா?"

"உங்க மேல எனக்கு என்னாங்க கொற?"

"அப்ப மாடி மேலயா?"

"மாடி பாவம், அது என்னா பண்ணும்? அந்த ஒம்போது வருஷத்த நெனச்சாதாங்க பயமா இருக்குது. மேல ஈஸிசேரு போட்டுட்டு, அதுக்குக் காசு கட்டறதுக்கு நீங்க வேற கம்பெனி வாசல்ல நிக்கணுமே. அப்புறம் சேர்ல யாருங்க உக்காருவா?"

அன்றைக்கு அவர் ரசம் மட்டும் சாப்பிட்டார்.

வியாழக்கிழமை கம்பெனிக்கு அரை நாள் லீவு சொல்லிவிட்டு, என்னிடம் சொல்லாமல் சைக்கிளை எடுத்துக்கொண்டு போனார். எங்கே என்று நான் கேட்கவில்லை. அம்புஜவல்லி கேட்டாள்.

"எதிர்பிராது கட்டப் போறாரு அக்கா! கைல புதுப் பேனா இருக்குது!"

மத்தியானம் வெயிலோடு திரும்பி வந்தார். நேராக அடுப்பங்கரைக்கு வந்து, அரிசி டிரம் மேலிருந்த முருகரைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"மாடி வேணாம் சொர்ணம்."

"ஏங்க?"

"எதிர்பிராது எழுதலாம்னு ஒக்காந்தேன். அறுபதாயிரம் கடன் வாங்கி மாடி வூடு கட்ட என் சம்சாரம் தடையா இருக்கறான்னு எழுதினேன். சாமிக்கு அரகுறையா எழுதலாமா? மொத்தம் எவ்ளோ திருப்பிக் கட்டப் போறேன்னும் எழுதணும்ல? எண்ணூற வருஷத்துக்குப் பெருக்கினேன். அத பதினஞ்சால பெருக்கினேன். ஒரு லட்சத்து நாப்பத்திநாலாயிரம்! மறுபடியும் பெருக்கினேன். அதேதான்."

"அய்யய்யோ."

"நிமுந்து பாத்தேன். முனியப்பரு அவ்ளோ பெரிய கண்ண வெச்சிக்கிட்டு என்னையே பாக்கறாரு. 'ஏண்டா, அண்டாவுக்கு மட்டும் மொத்தம் கேட்டியே'ன்ற மாதிரி இருந்துச்சு. எனுக்கே படிக்க வெக்கமாப் போச்சு. கிழிச்சிப் போட்டுட்டு வந்துட்டேன்."

"கம்பெனில என்னா சொல்லுவீங்க?"

மீசை மெதுவாக நிமிர்ந்தது. "ஆறு வருஷத்துல கடன அடைக்கற கணக்கு நான் கண்டுபுடிச்சேன்னு சொல்லுவேன். ஒருத்தனுக்கும் தெரியாது. வேணும்னா அவனுங்களுக்கும் கத்துக் குடுப்பேன்."

பார்த்தீர்களா? எவ்வளவு பெரிய மனசு! தோற்றதைக் கூட நாலு பேருக்கு உபயோகமாக மாற்றுகிற சாமர்த்தியம் எத்தனை ஆம்பளைகளுக்கு வரும்? நான் மனசாரச் சொன்னேன். "உங்க புத்தி யாருக்குங்க வரும்!"

வெள்ளிக்கிழமை நாற்பதாயிரத்துக்குக் கையெழுத்துப் போட்டோம். சக்கரபாணி எழுந்து நின்று கைகூப்பினார். இவர் தனக்குத்தான் என்று நினைத்து அவருக்குத் திருப்பிக் கும்பிட்டார். இருக்கட்டும்.

ஆபீசை விட்டு வெளியே வந்ததும் வீட்டுப் பக்கம் திரும்பாமல் ஆட்டோவைக் கூப்பிட்டார். கையில் தேங்காய், பழம், கற்பூரம் எல்லாம் முன்னாடியே வாங்கி வைத்திருந்தார்.

"எங்கங்க?"

"கொளஞ்சியப்பருக்குத்தான். வழக்கு தீந்துபோச்சு, நீ ஜெயிச்சிட்ட. கட்டினவங்களே வாபஸ் வாங்கணும், இல்லன்னா சாமி குத்தமாயிடும். ஏறு, உன் பிராத வாங்கிடலாம்."

நான் ஆட்டோவில் ஏறி உட்கார்ந்து, தேங்காயை மடியில் வைத்துக்கொண்டேன்.

"தேங்கா ஒடச்சிட்டு வரலாங்க. வாபஸ் வாங்கறதுக்கு, நான் மொதல்ல கட்டியிருக்கணுமே."