சேர்ந்து நகர்வோர் குறித்த சுற்றறிக்கை

உங்கள் பக்கத்தில் இப்போது யாராவது உட்கார்ந்திருக்கிறார்களா? அவர் உங்களுக்குச் சொந்தம் என்று எதை வைத்து நம்புகிறீர்கள்?

பதறாதீர்கள். இந்தக் கேள்விக்கு மனித குலமே இதுவரை உருப்படியான பதில் வைத்திருக்கவில்லை. நெருப்பைக் கண்டுபிடித்தார்கள், சக்கரத்தைக் கண்டுபிடித்தார்கள். சொந்தம் எது என்பதை மட்டும் கல்யாணப் பத்திரிகையையும் மூக்கின் சாயலையும் வைத்து ஒப்பேற்றிக்கொண்டிருந்தார்கள். அதை அறிவியல் முறைப்படி தீர்த்துவைத்த பெருமை எங்கள் இயக்குநரையே சேரும். அந்தப் பெரும்பணியில் அவருக்கு நான் உதவியாக இருந்தேன் என்பதை அடக்கத்தோடு தெரிவித்துக்கொள்கிறேன். எங்கள் பணி விதிகளில் அடக்கம் கட்டாயம்.

நட்சத்திரங்கள் எந்தப் பக்கம் போகின்றன என்று கவனிப்பதுதான் எங்கள் நிலையத்தின் வேலை. பால்வீதியில் எதுவும் சும்மா நிற்பதில்லை. எல்லாம் சுற்றிக்கொண்டும் ஓடிக்கொண்டும் இருக்கின்றன. தூரம் அதிகமென்பதால் நமக்கு அவை நிற்பதுபோலத் தெரிகின்றன. எங்கள் நிர்வாகப் பிரிவும் நிற்பதுபோலத்தான் தெரியும். ஆனால் அங்கே தூரம் காரணமில்லை.

வானத்தின் ஒரு துண்டை இன்று ஒரு படம் எடுப்பார்கள். பல வருஷம் கழித்து அதே துண்டை இன்னொரு படம் எடுப்பார்கள். இரண்டையும் ஒரு மெஷினில் செருகி மாற்றி மாற்றிக் காட்டினால் நகர்ந்த நட்சத்திரம் மட்டும் துள்ளும். துள்ளியதை நான் சிவப்புப் பென்சிலால் வட்டமிடுவேன். ஒரே பக்கமாக, ஒரே அளவு துள்ளியவை ஒரு கொத்து. அவை ஒன்றாகப் பிறந்து ஒன்றாகவே பால்வீதியைச் சுற்றுகிறவை. ஒட்டி ஒட்டித் தெரிகிற இரண்டு, ஆளுக்கொரு பக்கம் துள்ளினால் அவை ஜோடியே இல்லை. ஒன்று முன்னால் இருக்கும், மற்றது எங்கோ பின்னால் இருக்கும். நம் கண்தான் அவற்றைச் சேர்த்துவைத்திருக்கும். அதற்குத் ‘தோற்ற இரட்டை’ என்று பெயர்.

எங்கள் அலுவலக நேரம் காலையிலிருந்து மாலைவரை. அந்த நேரத்தில் நட்சத்திரங்கள் வருவதில்லை. ஆகவே எங்களில் யாரும் அவற்றை நேரில் பார்த்ததில்லை. எங்கள் நடுநிலைமைக்கு இதுவே சான்று என்பார் இயக்குநர்.

எல்லாம் ஒழுங்காகப் போய்க்கொண்டிருந்தபோது ஊழியர்கள் எல்லோரும் ஒரே நாளில் ஒரே புகாரோடு வந்தார்கள். கழிப்பறைக் கதவுக்குத் தாழ்ப்பாள் இல்லை என்பது புகார்.

“எல்லாருக்கும் ஒரே நாள்ல எப்படிய்யா ஒரே எண்ணம் வரும்?” என்று கேட்டார் இயக்குநர்.

“கழிப்பறை ஒண்ணுதானே சார் இருக்கு” என்றார் நிர்வாக அதிகாரி.

“அது இல்லய்யா. உள்ளுக்குள்ள ஒரு கொத்து இருக்கு.”

அப்போதுதான் அவர் கடற்கரை விடுதி ஒன்றில் நடந்த ‘தலைமைப் பண்பு முகாம்’ முடிந்து திரும்பியிருந்தார். வரும்போது ஒரு ஆலோசகரையும் கூட்டிவந்திருந்தார். ஆலோசகர் முன்பு ஒரு பேருந்துப் பணிமனையில் ஓட்டுநர்களுக்கு ‘நின்ற இடத்திலேயே முன்னேறுவது எப்படி’ என்று வகுப்பெடுத்தவர். இருவரும் கதவைச் சாத்திக்கொண்டு பேசினார்கள். கதவு திறந்தபோது சுற்றறிக்கை பிறந்திருந்தது.

“பக்கத்தில் இருப்பது உறவல்ல, சேர்ந்து நகர்வதே உறவு” என்று அது தொடங்கியது. இத்தனை பெரிய உண்மை இத்தனை மோசமான தாளில் அச்சானது அதுதான் முதல்முறையாக இருக்கும். கூரையிலும் தண்ணீர்த் தொட்டியின் மேலும் வராந்தாவிலும் கேமராக்கள் வைக்கப்படும். ஊழியர்களின் படங்கள் நட்சத்திரப் படங்களைப் போலவே ஒப்பிடப்படும். சேர்ந்து நகர்வோர் கண்டறியப்பட்டு ‘கலைக்கப்படுவர்’. ஒப்பிடும் பொறுப்பு என்னிடம் வந்தது. எனக்குச் சொந்த ஊர் தொலைவில், இங்கே பேச்சுத் துணைக்கும் ஆள் இல்லை, ஆகவே யாருக்கும் சாதகமாக நடக்க மாட்டேன் என்று கோப்பில் எழுதியிருந்தார்கள். என்னைப் பற்றி யாரோ அக்கறையோடு எழுதியது அதுவே முதல் தடவை.

சுற்றறிக்கையால் விளைந்த நன்மைகள் ஏராளம். சாப்பாட்டு மணி அடித்தால் முன்பு எல்லோரும் ஒரே பக்கம் போவார்கள். இப்போது நாலாபக்கமும் சிதறிப்போய், கட்டடத்தைச் சுற்றிக்கொண்டு, தனித்தனியாகப் பசியோடு வந்தார்கள். நூலகர் அம்மா சுவரோரமாகப் பக்கவாட்டில் நடந்தார். காவலாளி தன் நிழல் தன்னோடு சேர்ந்தே நகர்வதைக் கவனித்துவிட்டு, தனக்கு அதில் சம்பந்தமில்லை என்று எழுதிக்கொடுத்தார்.

நான் நாள் முழுக்கப் பார்த்தும் ஒரு கொத்துகூடத் துள்ளவில்லை. இயக்குநர் முகம் வாடிவிட்டது. ஆலோசகர்தான் தேற்றினார்.

“சேர்ந்து நகரக்கூடாதவங்க நகரல சார். சரி. சேர்ந்து நகர வேண்டியவங்க நகர்றாங்களா?”

இங்கே இரண்டு பேரை உங்களுக்கு அறிமுகப்படுத்த வேண்டும். வரைபட அக்கா நட்சத்திர வரைபடம் போடுகிறவர். அவர் வீட்டுக்காரர் நட்சத்திரப் படங்கள் பதிந்த கண்ணாடித் தகடுகளின் அறையைப் பார்த்துக்கொள்கிறவர். ஒரு தகட்டை எடுத்துத் துடைத்து வைக்க அவர் எடுத்துக்கொள்ளும் நேரத்தில் சில நட்சத்திரங்கள் அணைந்தே போயிருக்கும். அதனால் அவருக்கு நிதானம் என்று பெயர். நான் நிதானம் மாமா என்பேன். இருவரும் இங்கே வேலை செய்வதால் வளாகத்தின் நடுவிலிருந்த குடும்ப வீட்டை அவர்களுக்குக் கொடுத்திருந்தார்கள். ஒரு அறையும் சமையலறையும்தான். சமையலறையில் இரண்டு பேர் நின்றால் ஒருவர் மூச்சை உள்ளே இழுத்துக்கொள்ள வேண்டும். ஞாயிற்றுக்கிழமைகளில் மூன்று பேர் நிற்போம். மூன்றாவது ஆள் நான். வாரத்தில் அன்றைக்கு மட்டும்தான் யாராவது என்னிடம் “இன்னும் கொஞ்சம் போட்டுக்க” என்பார்கள்.

இயக்குநரும் ஆலோசகரும் நிர்வாக அதிகாரியும் சேர்ந்த கமிட்டி என்னிடம் அவர்கள் படங்களைக் கேட்டது. கொடுத்தேன். அக்கா விறுவிறுவென்று ஒரு பக்கம் துள்ளினார். மாமா ஆற அமர இன்னொரு பக்கம் துள்ளினார். எந்தப் படத்திலும் இருவரும் சேர்ந்து நகரவில்லை.

“தோற்ற இரட்டை” என்றார் ஆலோசகர்.

“சார், அவங்க புருஷன் பொண்டாட்டி” என்றேன்.

“அது கல்யாணப் பத்திரிகை சொல்றது. படம் அப்படிச் சொல்லலயே.”

குடும்ப வீடு குடும்பத்துக்கு மட்டுமே என்கிறது விதி. குடும்பம் என்பது சேர்ந்து நகர்வது என்கிறது சுற்றறிக்கை. ஒரு வாரத்துக்குள் சேர்ந்து நகர்ந்து காட்டாவிட்டால் வீட்டைக் காலிசெய்ய வேண்டும் என்று கமிட்டி கருணையோடு முடிவெடுத்தது. இயக்குநர் வீட்டையும் நேரில் ஆய்வு செய்தார். ஜன்னலைத் திறந்து காற்று வருகிறதா என்று பார்த்தார். குழாயைத் திறந்தார். தண்ணீர் வேகமாக வந்தது. மூடினார். மறுபடி திறந்தார். ஊருக்குள் அவர் குடியிருக்கும் மாடியில் தண்ணீர் இப்படி வராது என்று கேள்வி. அறிவியலாளர்களுக்கு எதையும் இரண்டு முறை சோதித்துப் பார்க்கும் பழக்கம் உண்டு.

மறுநாளிலிருந்து அக்காவும் மாமாவும் முற்றத்தில் சேர்ந்து நடக்கப் பழகினார்கள். நான் படியில் உட்கார்ந்து பார்த்தேன்.

“நீ கொஞ்சம் மெதுவா நடயேன்.”

“நான் மெதுவாத்தான் நடக்கறேன். நீங்க நிக்கறீங்க.”

“நிக்கல. இது என் நடை.”

“கல்யாணத்தன்னைக்கும் இதைத்தான் சொன்னீங்க. மேடையில நான் மட்டும் உக்காந்திருந்தேன்.”

“வந்தேன்ல?”

“வந்தீங்க. ஃபோட்டோக்காரர் கெளம்பினதுக்கப்புறம்.”

“தம்பி, நீயே சொல்லுப்பா. மனுஷன் நடக்கறதுக்கு இவ்ளோ வேகம் எதுக்கு?”

“அவனை எதுக்கு இழுக்கறீங்க? அவன் பென்சில் பிடிக்கிற ஆளு. நம்ம சண்டையையும் வட்டம் போட்டுரப் போறான்.”

அக்கா முற்றத்தின் மூலையைத் தொட்டுவிட்டுத் திரும்பிப் பார்ப்பார். மாமா பாதி தூரத்தில் செருப்பைச் சரிசெய்துகொண்டிருப்பார். அக்கா அவரைக் கூட்டிவரத் திரும்பி வருவார். அதற்குள் மாமா வேகமெடுத்து அவரைத் தாண்டி மூலைக்குப் போயிருப்பார். ஒரு கையால் மாமாவின் சட்டைக் காலரைப் பிடித்து இழுத்தும் பார்த்தார் அக்கா. காலர் மட்டும் சேர்ந்து நகர்ந்தது.

கெடுவின் கடைசி நாளுக்கு முன்தினம் அக்கா என் அறை வாசலில் வந்து நின்றார்.

“வெளிய வீடு பாத்தோம் தம்பி. யாரும் தர மாட்டேங்கறாங்க. நிலையமே உங்களைக் குடும்பம் இல்லன்னு சொல்லுதாமேன்னு கேக்கறாங்க. உன் மெஷின்ல எங்களைக் கொஞ்சம் நல்லாப் பாரேன்.”

நல்லாப் பார்த்தேன். எல்லாப் படங்களையும் திரும்ப ஒருமுறை செருகி ஓட்டினேன். அப்போதுதான் புலப்பட்டது. அக்கா வலப்பக்கம் துள்ளும்போதெல்லாம் மாமா இடப்பக்கம் துள்ளினார். அக்கா திரும்பினால் மாமாவும் திரும்பினார். இருவருக்கும் நடுவில் ஒரு புள்ளி வைத்தால், அது எப்போதும் அந்த வீட்டு வாசலுக்குப் பக்கத்திலேயே விழுந்தது. இது தோற்ற இரட்டை இல்லை. நிஜ இரட்டை நட்சத்திரம் இப்படித்தான் சுற்றும்.

கமிட்டி முன்னால் நின்று சொன்னேன். “சார், ரெண்டு நட்சத்திரம் நெஜமாவே ஒண்ணையொண்ணு பிடிச்சுக்கிட்டிருந்தா, தூரத்துலேர்ந்து பாக்க சேர்ந்து போற மாதிரி இருக்கும். கிட்டக்கப் போய்ப் பாத்தா ஒண்ணு இந்தப் பக்கம் போகும்போது மத்தது அந்தப் பக்கம் போகும். நடுவுல ஒரு புள்ளி. அதைத்தான் ரெண்டும் சுத்தும். இவங்க அப்படித்தான் சுத்தறாங்க. புள்ளி அந்த வீடு.”

இயக்குநர் கண்ணாடியைக் கழற்றினார்.

“அப்போ எதிரெதிரா போனா நெருக்கம்னு அர்த்தமா?”

“ஆமா சார். எவ்வளவு நெருக்கமோ அவ்வளவு வேகமாப் போகும்.”

என் அறிவியல் பங்களிப்பு அத்தோடு முடிந்திருக்கலாம். ஆனால் ஆலோசகர் ஆராய்ச்சி மனம் கொண்டவர். “சார், இன்னைக்குக் காலைல நீங்க வராந்தாவுக்கு வரும்போது எடுத்த படத்தைக் கொஞ்சம் பாப்போமா?” என்றார்.

பார்த்தோம். இயக்குநர் இடப்பக்கமிருந்து வராந்தாவுக்குள் துள்ளினார். அந்தக் கணமே மொத்த நிலையமும் வலப்பக்கம் துள்ளி மறைந்தது.

“எல்லாருமா?” இயக்குநர் நெகிழ்ந்துபோய்ப் படத்தின் மேல் குனிந்தார்.

“எல்லாரும் சார். அதுவும் என்ன வேகம் பாருங்க.”

“இது யாரு, இவ்வளவு நெருக்கமா?”

“நூலகர் அம்மா சார். ஜன்னல் வழியாப் போயிருக்காங்க.”

“நம்ம தம்பி?”

“இவர் மேஜைக்கு அடியில இருக்கார் சார். அசைவே இல்ல. இவருக்கும் உங்களுக்கும் தூரம் ஜாஸ்தி.”

இயக்குநர் என்னை வருத்தத்தோடு பார்த்தார். நிர்வாக அதிகாரி அளவுகோலை எடுத்து, இயக்குநருக்கும் மொத்த ஊழியர்களுக்கும் நடுவில் புள்ளி வைத்தார். அது குடும்ப வீட்டின் மேல் விழுந்தது. வீடு வளாகத்தின் நடுவில் இருப்பதால் எதற்கு நடுவில் வைத்தாலும் புள்ளி அங்கேதான் விழும் என்று நான் சொல்லத் தொடங்கினேன். அசைவில்லாதவர்கள் பேசக்கூடாது என்று ஆலோசகர் நினைவூட்டினார்.

தீர்மானம் ஒருமனதாக நிறைவேறியது. வரைபட அக்காவும் அவர் கணவரும் நிஜ இரட்டையே என்று நிலையம் மகிழ்ச்சியோடு ஏற்கிறது. அவர்கள் குடும்பத்தில் அங்கத்தினர் இருவர். இயக்குநரோடு பிணைந்தவர்களோ நிலையம் முழுக்க உள்ளவர்கள். பெரிய குடும்பத்துக்கே வீடு.

அக்காவும் மாமாவும் வெளியே பெஞ்சில் காத்திருந்தார்கள். அக்கா எழுந்துவிட்டார். மாமா எழுந்துகொண்டிருந்தார்.

“என்ன தம்பி சொன்னாங்க?”

“நீங்க நெஜ இரட்டைதான்னு ஒத்துக்கிட்டாங்க அக்கா.”

“நான் அப்பவே சொன்னேன்” என்றார் மாமா.

“சும்மா இருங்க. வீடு என்னாச்சு தம்பி?”

“இயக்குநருக்கு.”

“அவருக்கா? அவர்கூட யாரு இருக்கா?”

“நாம எல்லாரும்” என்றேன்.

அக்கா மாமா பக்கம் திரும்பி, “கட்டிலைப் பிரிக்க முடியாது. அப்படியேதான் தூக்கணும்” என்றார்.

மறுநாள் காலை அக்காவும் மாமாவும் ஆளுக்கொரு முனையாகக் கட்டிலைத் தூக்கிக்கொண்டு வாயிலைத் தாண்டிப் போனார்கள். இருவரும் ஒரே பக்கமாக, ஒரே வேகத்தில் நடந்தார்கள். எதிர்ப்பக்கமிருந்து இயக்குநர் ஒரு பெட்டியோடு தனியாக வந்தார்.