நாலு பத்துக்கு நான் படகில் இருந்தேன்

"இதுல ஒரு வரி நம்மளோடது இல்ல," என்றார் ரசீது.

சாப்பாட்டு மேசையில் கார்டு பில் விரித்துக் கிடந்தது. பக்கத்தில், ஏரிக்கரை விடுமுறையில் சேர்ந்த இருபத்திரண்டு ரசீதுகள் தேதிவாரியாகக் குண்டூசி குத்தி அடுக்கியிருந்தன. பில்லில் இருந்ததோ இருபத்துமூன்று வரிகள். அந்த உபரி வரியில் எஸ்.ஜே. சர்வீசஸ் என்று போட்டிருந்தது. புதன்கிழமை, மாலை நாலு பத்து, பதினெட்டாயிரத்து நானூறு.

மனைவி துவைத்த நீச்சல் துண்டை நாற்காலி முதுகில் விரித்துக்கொண்டிருந்தாள். "நாலு பத்துக்கு நாம படகுல இருந்தோம். ரசீது குடுத்தாத்தான் ஏறுவேன்னு நீங்க கரையிலேயே கால் மணி நேரம் நின்னீங்க."

"அதான் சொல்றேன். படகுல இருந்தவன் எப்படிக் கடையில கார்டு தேய்ப்பான்?"

ரசீது என்பது வேலையிடத்தில் அவருக்கு வைத்த பெயர். பம்பு உதிரிபாகக் கிடங்கில் பத்தொன்பது வருடமாகப் பொறுப்பாளர். கையெழுத்துப் போட்ட சீட்டு இல்லாமல் ஒரு வாஷர்கூட அவரைத் தாண்டி வெளியே போனதில்லை. அப்பேர்ப்பட்டவர் பத்தொன்பது வருடத்தில் ஒரே ஒரு பொய் சொன்னார், அதுவும் இந்த விடுமுறைக்காகத்தான்.

அது சரக்குக் கணக்கெடுப்பு மாதம். யாருக்கும் விடுப்புக் கிடையாது. நெருங்கிய உறவில் சாவு விழுந்தால் மட்டும் ஐந்து நாள். மனைவியோ பதினோரு வருடமாக 'அடுத்த வருஷம்' என்பதைக் கேட்டுக் காது புளித்தவள். இந்தத் தடவை தனக்கு மட்டும் டிக்கெட் போடப்போவதாகச் சொல்லிவிட்டாள். ரசீதுக்குப் பெற்றவர்கள் இல்லை. மாமனார் பெயரைச் சொல்லிப் பார்த்தார். மனைவி முறைத்த முறைப்பில் அந்த யோசனை அங்கேயே முடிந்தது. மிச்சம் இருந்தவர் பெரியப்பா. எனவே அவரைத்தான் ஞாயிற்றுக்கிழமை மாரடைப்பில் போய்ச் சேர்ந்ததாக விடுப்புக் கடிதத்தில் எழுதினார்.

பத்து வயதிலிருந்து இவரை வளர்த்து, படிக்க வைத்து, வேலையில் சேர்த்துவிட்ட மனிதர் அவர். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஆறு மணி நேரப் பயணத்துக்கு அப்பால், ஒரு தையல்கார அம்மாள் வீட்டு மாடியறையில் தனியாக இருந்தார். யாருக்கும் செலவு வைக்கக் கூடாது என்பது ஒன்றே அவர் கொள்கை. இவர் வாங்கிக் கொடுத்த சட்டை, கைக்கடிகாரம், கார்டு, காது மெஷின் எல்லாம் உறை பிரிக்காமல் அலமாரியில் இருக்கும். போனில்கூட வருகிற அழைப்பு மட்டும்தான், இங்கிருந்து கூப்பிட்டால்தான் உண்டு. ஞாயிறுதோறும் ரசீது கூப்பிடுவார். ஒரு நிமிடம் ஆவதற்குள், "காசு ஆகும், வச்சிடு" என்று அவரே வைத்துவிடுவார்.

ஏரிக்கரையில் ஐந்து நாளும் போனை அணைத்தே வைத்திருந்தார்கள். ஆபீஸிலிருந்து கூப்பிட்டு, துக்க வீட்டில் குழந்தைகள் தண்ணீரில் குதிக்கும் சத்தம் கேட்டால் நன்றாக இருக்காதல்லவா.

திங்கட்கிழமை வேலைக்குப் போனால், கிடங்கு ஆட்கள் எல்லோருமாகச் சேர்ந்து ஒரு கவரில் பணம் போட்டுக் கொடுத்தார்கள். லோடு ஏற்றுகிறவர் கண்ணைத் துடைத்துக்கொண்டே, தன் பங்காக ஒரு நாள் கூலியைப் போட்டிருந்தார். ரசீது என்ன செய்வதென்று தெரியாமல், பழக்கதோஷத்தில் அந்தக் கவருக்கும் ஒரு ரசீது எழுதிக் கொடுத்தார்.

மேலாளர் மட்டும் தோளில் தட்டிவிட்டு, மாதக் கடைசிக்குள் இறப்புச் சான்றிதழைக் கொடுத்துவிடச் சொன்னார். கொடுக்காவிட்டால் பொய் விடுப்பு. பொய் விடுப்புக்கு வேலை நீக்கம். ரசீதுக்கு வயது ஐம்பத்து நாலு. வெளியே போனால் யாரும் கூப்பிட்டு வேலை தரப்போவதில்லை. உயிரோடு இருக்கிறவருக்கு எங்கே போய்ச் சான்றிதழ் வாங்குவது என்ற கவலையில் தூக்கம் போயிற்று. தெரியாத நம்பர் எது கூப்பிட்டாலும், சான்றிதழ் கேட்கிற ஆபீஸோ என்று பயந்து எடுப்பதில்லை. பெரியப்பாவைக் கூப்பிடவும் கை வரவில்லை. மனதளவில் கொன்றுவிட்டு, அவர் குரலை எந்த முகத்தோடு கேட்பது?

இந்த நிலைமையில்தான் பதினெட்டாயிரத்து நானூறு வந்து சேர்ந்தது. ஒருவிதத்தில் அவருக்கு அது ஆறுதலாகவே இருந்தது. இதிலாவது நியாயம் தன் பக்கம் இருக்கிறதே என்று உற்சாகமாக வங்கிக்குப் போன் போட்டார்.

வங்கிப் பெண் நிதானமாகக் கேட்டாள். "கார்டை மெஷின்ல செருகி, ரகசிய எண்ணும் சரியா போட்டிருக்காங்க சார். உங்க ரெண்டு கார்டும் உங்ககிட்டதானே இருக்கு?"

ரசீது பர்ஸைத் திறந்து பார்த்தார். பணம் எடுக்கிற கார்டு ஒன்று, இந்தக் கார்டு ஒன்று. "ரெண்டும் இருக்கும்மா."

"வேற யாருக்காவது குடுத்திருக்கீங்களா?"

"என் பொண்டாட்டிக்கே குடுத்ததில்ல."

"அது சத்தியம்," என்றாள் மனைவி அடுப்படியிலிருந்து.

வங்கிப் பெண் எல்லாக் கார்டுகளையும் முடக்கினாள். பணத்தைத் தற்காலிகமாகத் திருப்பிப் போடுவதாகவும், தகராறுக்குக் காரணம் சொல்லி ஏழு நாளில் ஆதாரம் அனுப்ப வேண்டும் என்றும் சொன்னாள். கடைசியாக, தெரியாத நம்பரிலிருந்து யார் கூப்பிட்டாலும் எடுக்க வேண்டாம், மோசடிக்காரர்கள் பணம் கைவிட்டுப் போனால் நயமாகப் பேசிப் பார்ப்பார்கள் என்று எச்சரித்தாள்.

மறுநாள் காலை பெட்ரோல் போட்ட பிறகுதான் முடக்கிய கார்டு வேலை செய்யாது என்பது அவருக்கு உறைத்தது. கைக்கடிகாரத்தைக் கழற்றிக் கொடுத்துவிட்டு வந்தார். அதற்கும் துண்டுச் சீட்டில் எழுதி வாங்கிக்கொண்டார்.

வங்கிப் பெண் சொன்னபடியே நடந்தது. தெரியாத நம்பர் ஒன்று காலையில் இரண்டு தடவை கூப்பிட்டது, மதியம் மூன்று தடவை. அதைத் தடுத்துப் போட்டார். வேறொரு நம்பர் கூப்பிட்டது. அதையும் தடுத்தார். மூன்றாவது நம்பரிலிருந்து குறுஞ்செய்தி வந்தது: 'தம்பி, கார்டு பணம் விஷயமா அவசரமா பேசணும். போனை எடுங்க.'

மனைவியிடம் காட்டினார். "தம்பியாம். திருட்டுப் பயலுக்குப் பாசத்தைப் பாரு."

"திரும்பக் கூப்பிட்டுத்தான் பாருங்களேன்," என்றாள் அவள். "என்ன ஆகிடும்?"

"இப்படித்தான் ஏமாறுறாங்க," என்று மூன்றாவது நம்பரையும் தடுத்தார். அடுத்த ஞாயிறும் வந்தது. போனைக் கையில் எடுத்தார், சட்டைத் துணியில் துடைத்தார், மேசை மேல் வைத்துவிட்டார். பெரியப்பா சாயங்காலம் வரை போன் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பார் என்று நினைக்கும்போது நெஞ்சு வலித்தது. சான்றிதழ் விவகாரம் எப்படியாவது முடியட்டும், நேரிலேயே போய்க் காலில் விழுந்துவிடலாம் என்று முடிவு செய்தார்.

ஆதாரத்துக்கு அவருக்கா பஞ்சம்? புதன் நாலு பத்து என்று நேரம் அடித்த படகு ரசீதே கையில் இருந்தது. இருபத்திரண்டையும் வெள்ளைத் தாளில் ஒட்டினார். 'மேற்படி நேரத்தில் நானும் என் மனைவியும் ஏரியின் நடுவே ஜோடிப் படகில் இருந்தோம் என்று உறுதி கூறுகிறேன்' என்று ஒரு கடிதம் எழுதினார். எல்லாவற்றையும் கிடங்கு ஸ்கேனரில் வைத்து வங்கிக்கு அனுப்பினார். வேலை முடிந்த திருப்தியில் ஒரு டீ குடித்தார்.

டீ டம்ளரைக் கீழே வைக்கும்போதுதான் அந்த ஞாபகம் வந்தது. இரண்டு வருடத்துக்கு முன்பு சரக்குப் பட்டியல் வெளியே கசிகிறது என்று சந்தேகப்பட்டு, கிடங்கு ஸ்கேனரில் எதை வைத்தாலும் மேலாளருக்கு ஒரு நகல் போகும்படி செய்திருந்தார்கள். அதைச் செய்தே தீர வேண்டும் என்று நாலு கடிதம் எழுதியவர் ரசீதுதான்.

மேலாளரின் அறையில் நகல் ஏற்கெனவே அச்செடுத்து மேசையில் இருந்தது. அவர் ஒவ்வொரு ரசீதாக விரல் வைத்துப் படித்துக்கொண்டு வந்தார். தம்பதியர் சிறப்பு அறை. ஏரி மீன் வறுவல் இரண்டு. தொப்பி இரண்டு.

"பெரியப்பா போன மூணாம் நாள் ஜோடிப் படகா?"

சொல்வதற்கு ரசீதிடம் இன்னொரு பொய் இல்லை. பத்தொன்பது வருடத்துக்கு ஒன்று என்கிற கணக்கில் அடுத்தது இன்னும் தயாராகவில்லை. எல்லாவற்றையும் சொல்லிவிட்டார். சொல்லச் சொல்ல மனது லேசாகிக்கொண்டே வந்தது.

"அவர் உயிரோடதான் இருக்கார் சார். நல்லா இருக்கார். நான்தான் பாவி."

"எழுதிக் குடுங்க."

எழுதிக் கொடுத்தார். 'என் பெரியப்பா உயிருடன் இருக்கிறார்.' கீழே கையெழுத்து, தேதி. இவ்வளவு சந்தோஷமாக அவர் எந்தச் சீட்டிலும் கையெழுத்துப் போட்டதில்லை.

மேலாளர் பழைய விடுப்புக் கடிதத்தையும் இதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். "போயிட்டார்னு ஒரு காகிதம், இருக்கார்னு ஒரு காகிதம். ரெண்டும் உங்க கையெழுத்து. எது பொய்னு எனக்கு எப்படித் தெரியும்? இப்பவே போன் போடுங்க. அவர் குரலை என் காதால கேட்டா, அஞ்சு நாள் சம்பளத்தைப் பிடிச்சுட்டு இதோட விட்டுடறேன். கேக்கலன்னா இன்னைக்கே கணக்கை முடிச்சுக்கலாம்."

இது தண்டனையே இல்லை. ஒரு நிமிடக் குரல் போதும். அதிலும் பெரியப்பா முதல் வாக்கியத்திலேயே காசு ஆகும் என்று சொல்லிவிடுவார். அதைக் கேட்டால் மேலாளருக்கே சிரிப்பு வரும். ரசீது நம்பரை அழுத்தி, ஒலிபெருக்கியில் வைத்தார். மணி அடித்தது. நாலாவது மணியில் எடுத்தார்கள்.

"பெரியப்பா, நான்தான்," என்றார். "தப்புப் பண்ணிட்டேன். ஒரே ஒரு வார்த்தை பேசுங்க, போதும்."

மறுமுனையில் தையல் மெஷின் ஓடும் சத்தம் கேட்டு, நின்றது.

"தம்பியா? நான் கீழ்வீட்டுத் தையல்கார அம்மா பேசறேன்," என்றது குரல். "நீங்க இந்த நம்பருக்காவது கூப்பிடுவீங்கன்னு இத்தனை நாளா சார்ஜ் போட்டு வச்சிருக்கேன். என் போன், என் பையன் போன், மருமக போன், எதையும் நீங்க எடுக்கல. மெசேஜ்ல எழுதற விஷயமா இது? புதன்கிழமை விடியக்காலம் தூக்கத்துலயே போயிட்டார் தம்பி. உங்க போனு அணைச்சே இருந்துச்சு. சாயங்காலம் நாலு மணி வரைக்கும் வச்சிருந்து பார்த்தோம். அலமாரியில நீங்க வாங்கிக் குடுத்த கார்டு இருந்துச்சு, உறை மேல 'என் கடைசிச் செலவுக்கு மட்டும்'னு எழுதி, ரகசிய நம்பரும் போட்டு வச்சிருந்தார். வண்டிக்கும் தகனத்துக்கும் அதுலதான் கட்டினோம். இப்ப அந்தப் பணம் திரும்பிப் போயிடுச்சுன்னு எஸ்.ஜே.காரங்க தினமும் வாசல்ல வந்து நிக்கறாங்க."

மேலாளர் எழுந்து நின்றார். அவர் கையிலிருந்த இரண்டு காகிதங்களையும் எங்கே வைப்பதென்று அவருக்குத் தெரியவில்லை.

"அழாதீங்க தம்பி," என்றாள் தையல்கார அம்மாள். "ஆபீஸ்ல லீவுக்குக் கேப்பாங்களேன்னு, நானே அலைஞ்சு இறப்புச் சான்றிதழை வாங்கி வச்சிருக்கேன்."