சாப்பாட்டு மேசையில் ஸ்பானியப் போர்க்கப்பல்

1989 மார்ச் 7, செவ்வாய்க்கிழமை. ஐந்தரைக்கு எழும்பினேன். முகம் வழித்தேன். தேநீர் ஊற்றினேன். கறுப்புப் பாணில் இரண்டு துண்டுக்கு மாஜரீன் பூசி, யன்னல் விளிம்பில் வைத்து, நின்றபடி சாப்பிட்டேன். மழை இல்லை, மேற்குக் காற்று. மேசையில் இடமில்லை. வழக்கம்போல் ஸ்பெயின் நாட்டுப் போர்க்கப்பல் நின்றது.

அன்று காலை நாட்குறிப்பில் எழுதியது இவ்வளவுதான். கடைசி வசனத்துக்கு மட்டும் விளக்கம் வேண்டும்.

பாய்க்கப்பல் காலத்து ஸ்பானியக் கடற்படையைப் பற்றி எங்கள் கப்பித்தான் அளவுக்கு அறிந்த மனிதர் டென்மார்க்கின் எஸ்பியர்க் நகரில் ஒருவரும் இருக்கவில்லை. கடலைப் பற்றி அவர் அளவுக்கு அறியாத மனிதரும் ஒருவரும் இருக்கவில்லை. எதிரே கிடக்கும் பானோ தீவுக்குப் போகிற படகு, ஊற்றின தேத்தண்ணி ஆறுவதற்குள் அக்கரை சேர்ந்துவிடும். அதற்குள் அவர் இரண்டு தரம் சத்தி எடுத்துவிடுவார். சாவகச்சேரியில் கூட்டுறவுச் சங்கக் கடை நடத்தியவர். நீச்சல் தெரியாது. மீன் தொழிற்சாலையில் வேலை செய்தாலும் மீன் சாப்பிடமாட்டார். கப்பித்தான், அதாவது கப்பல் தலைவன், என்பது நாங்கள் வைத்த பெயர். சொந்தப் பெயரைச் சொல்லி அவரைக் கூப்பிட்டவர்கள் அலுவலகத்துக்காரர்கள் மட்டுமே; அவர்களுக்கும் அது சரியாக வாயில் வராது.

மூன்றாம் மாடி வீட்டில் நாங்கள் மூன்று பேர். கப்பித்தான், நான், பேருந்து கழுவும் வேலைக்குப் போன ராசன். நான் ஊரில் அரசாங்கக் கச்சேரியில் எழுதுவினைஞராக இருந்தபடியால் எனக்குக் கிளாக்கர் என்று பெயர். மூவருக்கும் கலியாணமாகியிருந்தது. மூவருடைய மனைவிமாரும் யாழ்ப்பாணத்தில் இருந்தார்கள். அவர்களைக் கூப்பிட விண்ணப்பம் போட்டிருந்தோம். எங்கள் விண்ணப்பங்கள் எல்லாம் எங்கோ ஓரிடத்தில் அசையாமல் நின்றன. ஏன் நின்றன என்பதைப் பிறகு நாடே பேசியது. அமைச்சர் ஒருவரே அவற்றை நிறுத்திவைத்திருந்தார்; அதன் பேரில் ஓர் அரசாங்கமே போனது. அந்த நேரத்தில் எங்களுக்குத் தெரிந்தது ஒரே ஒரு வசனம்: "உங்கள் கோப்பு பார்வையில் இருக்கிறது." இதைக் கேட்பதற்காகப் போய்வந்து போய்வந்து எங்கள் சப்பாத்துத் தேய்ந்தது. கடைசியில் கோபப்படுவதற்கும் அலுப்பாக இருந்தது.

அந்த அலுப்பைத் தாங்க ஒவ்வொருவரும் ஒவ்வொரு வழி கண்டோம். நான் நாட்குறிப்பு எழுதினேன். ராசன் நித்திரை கொண்டான். கப்பித்தான் குளிருக்கு ஒதுங்க நூலகத்துக்குப் போனவர், ஒரு தடித்த படப்புத்தகத்தோடு திரும்பி வந்தார்.

"கிளாக்கர், உதைப் பாரும்! நாலு தட்டு. நாலிலையும் பீரங்கி. இவ்வளவு பெரிய கப்பல் உலகத்திலை வேறை ஒருத்தனிட்டையும் இருக்கேல்லை. ஸ்பெயின்காரன் கியூபாவிலை வைச்சுக் கட்டினவன். அந்த மரம் உக்காது. அங்கை கட்டின கப்பல் அம்பது வருசம் நிக்கும்."

"எங்கை அண்ணை நிக்கும்?" என்று கட்டிலில் கிடந்தபடி ராசன் கேட்டான்.

மேசையில் நின்றது. தொழிற்சாலையில் எறிந்த பழைய மீன்பெட்டிப் பலகைகளைக் கொண்டுவந்து சீவத் தொடங்கினார். ஒன்றரை வருடத்தில் அது ஒரு மீற்றருக்கு மேல் நீண்டு, மூன்று பாய்மரம் எழும்பி, விளக்கைத் தொட்டது. ஹீற்றர் சூடேறினால் கப்பல் முழுவதும் மீன் மணக்கும். வீட்டுக்கு வருகிறவர்கள் முகர்ந்துபார்த்து, "என்ன, இண்டைக்கு மீன் குழம்போ?" என்பார்கள். "இல்லை, போர்க்கப்பல்" என்பான் ராசன்.

பீரங்கிக் குழல்கள் என் பேனைகளிலிருந்து வந்தவை. மை முடிந்த உள்குச்சிகளை வெட்டிக் கறுப்பு மை பூசுவார். முடிந்தவை போதாமல் போனதும் முடியாதவற்றிலும் கை வைத்தார். என் நாட்குறிப்பில் பாதியில் நிற்கும் வசனங்கள் பல. அவற்றின் மிச்சமெல்லாம் இரண்டாம் தட்டில் இருக்கிறது. பீரங்கிக் குண்டுகள் மிளகு. அந்தக் குளிர்காலம் முழுவதும் நாங்கள் மிளகில்லாத ரசம் குடித்தோம்.

புத்தகம் டேனிஷ் மொழியில் இருந்தது. அகராதியை வைத்து ஒவ்வொரு சொல்லாக வாசித்தார். விளைவாக, மொழிப்பள்ளியில் பேருந்துக்கு வழி கேட்கத் தெரியாத மனிதருக்குப் பீரங்கித் தட்டு, பின்பாய்மரம், முற்றுகை எல்லாவற்றுக்கும் டேனிஷ் தெரிந்தது. எங்கே வசிக்கிறீர்கள் என்று ஆசிரியை கேட்டார். அவர் சொன்ன பதிலைத் தமிழாக்கினால் இப்படி வரும்: "யான் மூன்றாம் பீரங்கித் தட்டில் வாசம் செய்கிறேன்." குடும்பம்? "மனைவியும் இரு புதல்வியரும் காற்றை எதிர்நோக்கி நிற்கின்றனர்." ஆசிரியை அவருக்கு முழுப் புள்ளி கொடுத்தார்.

ஒவ்வொரு சண்டையிலும் ஸ்பானியர் தோற்ற கதையை அவர் சொந்தத் தோல்வி போலச் சொல்வார்.

"கப்பலிலை ஒரு பிழையுமில்லை கிளாக்கர். கட்டினவனிலையும் பிழையில்லை. ஆள் காணாது. இவ்வளவு பெரிய கப்பலைக் கட்டிப்போட்டு, பாய் இழுக்கப் பழகின ஆளில்லாமல் கண்ட நிண்டவனை எல்லாம் பிடிச்சு ஏத்தினால் என்ன நடக்கும்? ஆளில்லாட்டில் கப்பலாலை என்ன பிரயோசனம், சொல்லும்?"

நான் வீட்டைச் சுற்றிப் பார்ப்பேன். மூன்று ஆண்கள், நாலு அறை, ஒரு கப்பல்.

அந்த மார்ச் ஏழாம் திகதி அவருக்கு விண்ணப்பங்களைப் பார்க்கும் அலுவலகத்தில் தவணை. பிள்ளைகளின் பிறப்பத்தாட்சிப் பத்திரத்தில் ஏதோ ஒரு முத்திரை தெளிவில்லையாம். புதிய பிரதி கொண்டுபோக வேண்டும். மொழிபெயர்க்க நான் போவதாக ஏற்பாடு. தொப்பியைப் போட்டுக்கொண்டு வந்து பார்த்தால், கப்பித்தான் கோட் சூட்டோடு கப்பலின் இரண்டு பக்கமும் கை கொடுத்து நிற்கிறார்.

"எங்கை அண்ணை?"

"கந்தோருக்கு. வெறுங்கையோடை போகப்படாது."

எங்கள் ஆட்களுக்கு இது இரத்தத்தில் ஊறியது. ஊர் விதானையாரிடம் ஒரு கையெழுத்துக்குப் போனாலும் வாழைக்குலையோடுதான் போவோம். அது இலஞ்சம் இல்லை, மரியாதை. வாங்கிக்கொண்டால் காரியம் நடக்கும். வாங்காவிட்டால், மனம் வைக்கவில்லை என்று அர்த்தம்.

ராசன் கட்டிலிலிருந்து எழும்பியே விட்டான். "அண்ணை, உங்களுக்கு விசரே? ஒரு பிஸ்கற் பெட்டி காணாதே?"

"நான் கேக்கப்போறது மனுசியையும் ரெண்டு பிள்ளையளையும். பிஸ்கற் பெட்டியோடை போய்க் கேக்கிறதே?"

ராசன் போய்க் கதவைத் திறந்து பிடித்தான்.

பேருந்துச் சாரதி கப்பலைப் பார்த்தார், பாய்மரத்தைப் பார்த்தார், தலையாட்டினார். ஏற்ற முடியாது. நடந்தோம். அவர் முன்னுக்கு, நான் பின்னுக்கு. துறைமுகத் தெருவுக்குத் திரும்பியதும் மேற்குக் காற்று எங்களைக் கண்டுகொண்டது.

மூன்று பாய்மரத்திலும் முழுப் பாயும் விரித்திருந்தது. சுருட்ட முடியாது, கஞ்சிப்பசை போட்டு ஒட்டியிருந்தார். அந்தக் கப்பல் தன் வாழ்நாளில் முதல்முறையாகக் காற்றைக் கண்டது. கண்டதும் புறப்பட்டது. நாங்கள் கப்பலைக் கொண்டுபோகவில்லை, கப்பல் எங்களைக் கொண்டுபோனது. இரண்டு நடுத்தர வயது மனிதர்கள், கோட் சூட்டோடு, எஸ்பியர்க் நடைபாதையில் ஓடுகிறோம்.

"இடப்பக்கம் கிளாக்கர்! இடப்பக்கம் திருப்பும்!"

"அங்கை சைக்கிள் வருது அண்ணை!"

"அப்ப வலம்! வலம்!" என்று கத்திவிட்டு, எதிரே வந்த சனத்துக்காக டேனிஷிலும் அதையே கத்தினார். அவருடைய டேனிஷ் இருநூறு வருடம் பழையது என்றாலும் சனம் விலகியது. கைத்தடியோடு நின்ற ஒரு கிழவர், பார்த்தால் பழைய கடலோடி போல இருந்தார், தொப்பியைக் கழற்றி நெஞ்சில் வைத்துக்கொண்டார். தெருமுனைச் சமிக்ஞைக் கம்பத்தில் மோதி நடுப்பாய்மரத்தின் நுனி முறிந்தது. கப்பித்தான் நிற்கவில்லை. முறிந்த துண்டைப் பல்லில் கவ்விக்கொண்டு ஓடினார்.

அலுவலகத்தில் எங்கள் கோப்பைப் பார்த்தவர் கண்ணாடி போட்ட ஓர் அம்மையார். கப்பித்தான் பத்திரத்தை வைக்கவில்லை. கப்பலை வைத்தார். மேசையின் மறுபக்கத்தில் அம்மையாரின் முகம் பாய்களுக்குப் பின்னால் மறைந்துபோனது. மெல்ல எழும்பி எட்டிப் பார்த்தார்.

"மிக அழகாக இருக்கிறது," என்றார். "ஆனால் நான் இதை வாங்கக் கூடாது. வாங்கினால் என் வேலை போய்விடும்."

நான் மொழிபெயர்க்கவில்லை. கப்பித்தானுக்கே விளங்கியிருந்தது. அவருடைய முகம் அப்படிச் சுருங்கி நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

"சரி கிளாக்கர். முடிஞ்சுது. வாரும் போவம்."

"அண்ணை, இஞ்சை வாங்கினாத்தான் பிரச்சினை. வாங்காட்டில் நேர்மையான ஆள் எண்டு அர்த்தம்."

"எனக்குக் கதை சொல்லாதையும். ஒரு மரக்கப்பலைக் கையாலை வாங்காதவ, என்ரை மனுசியை உள்ளுக்கு விடுவாவே?"

அவர் கப்பலைத் தூக்கக் குனிந்தபோது, அம்மையார் சுற்றி வந்து எங்கள் பக்கம் நின்றார். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, பீரங்கி வாசல் ஒன்றுக்குள் பார்த்தார். பிறகு அடுத்ததுக்குள். பிறகு மேல்தட்டில்.

"இவ்வளவு பீரங்கி இருக்கிறது," என்றார். "ஓர் ஆளைக்கூடக் காணவில்லையே?"

கப்பித்தான் நிமிர்ந்தார். தன் பழைய டேனிஷில், நிறுத்தி நிறுத்திச் சொன்னார்: "மாலுமிகள் துறைமுகத்தில் முற்றுகையிடப்பட்டுள்ளனர், அம்மணி. மூவர். முற்றுகையை நீக்கும் அதிகாரம் என்னிடம் இல்லை."

அம்மையார் சிரிக்கவில்லை. தன் இடத்துக்குப் போய் உட்கார்ந்து பத்திரத்தைக் கேட்டு வாங்கினார். அதை நீண்ட நேரம் பார்த்தார். இப்போது கோப்புகள் அசையத் தொடங்கியிருக்கின்றன, ஒழுங்குப்படி போகும், தன்னால் வாக்குத் தர முடியாது, என்றார். நான் அதை ஒரு சொல் விடாமல் மொழிபெயர்த்தேன். கப்பித்தான் கேட்டதாகத் தெரியவில்லை.

திரும்பிவரும்போது காற்று எதிர்க்காற்று. அதைப் பற்றி எழுதவும் அலுப்பாக இருக்கிறது.

அதன்பிறகு அவர் கப்பலில் கை வைக்கவில்லை. முறிந்த நுனியை ஒட்டவில்லை. மிளகு திரும்ப ரசத்துக்கு வந்தது. மேசையின் ஒரு மூலையில் இருந்து சுவரைப் பார்ப்பார். "அண்ணை, அடுத்த கப்பல் என்னமாதிரி? இங்கிலீசுக்காரன்ரையோ?" என்று ராசன் சீண்டிப் பார்த்தான். "ச்சீ," என்றார். அவ்வளவுதான். என் பேனைகளை அவர் எடுக்காதது எனக்கு அந்தரமாக இருந்தது. ஒரு நாள் மை முடிந்த குச்சி ஒன்றை அவர் கண்ணில் படும்படி வைத்தேன். அது வைத்த இடத்திலேயே கிடந்தது.

மே மாதத்தில் அனுமதி வந்தது. கடிதத்தை என்னிடம் தந்து மூன்று தரம் வாசிக்கச் சொன்னார். பிறகு ராசனிடம் கொடுத்து வாசிக்கச் சொன்னார். பிறகு குளியலறைக்குள் போய்க் கதவைப் பூட்டிக்கொண்டு, தண்ணீரைத் திறந்துவிட்டார்.

ஆடி மாதத்தில் மனைவியும் இரண்டு பெண்பிள்ளைகளும் ரயிலில் வந்து இறங்கினார்கள். நாங்கள் மூவரும் போய்க் கூட்டிவந்தோம். படியேறி உள்ளே வந்த கப்பித்தானின் மனைவி, எங்களுக்கு அக்கா, மூக்கைச் சுருக்கினார். "என்னப்பா, ஒரே மீன் மணமாய்க் கிடக்கு?"

கப்பித்தான் கப்பலைக் காட்டினார். மணப்பெண்ணைக் காட்டுவதுபோல் கூச்சத்தோடு காட்டினார். அக்கா கிட்டப் போனார். பெரிய பாயை இரண்டு விரலால் பிடித்து ஓரத்தைத் திருப்பிப் பார்த்தார். மெல்லிய சரிகைக் கரை ஒன்று வெளிச்சத்தில் தெரிந்தது.

"உது... உது எங்கடை கலியாண வேட்டியெல்லே!"

கப்பித்தான் கப்பலுக்கு முன்னால் வந்து நின்றார்.

"நான் பெட்டிக்கை பூச்சிமாத்திரை போட்டு வைச்சுத் தந்துவிட்ட வேட்டி! வெட்டியெல்லே போட்டிருக்கிறீங்கள்! கஞ்சிவேறை பூசி! ரெண்டு வருசமாய் இஞ்சை இருந்து உதைத்தானே செய்தனீங்கள்?" பயணக் களைப்பு, ஆடியிலும் விடாத குளிர், கண்ணீர் எல்லாம் சேர்ந்து அவர் பேசிக்கொண்டே போனார். கப்பித்தான் ஒவ்வொரு ஏச்சுக்கும் "ஓம், ஓம்" என்று தலையாட்டிக்கொண்டு நின்றார். அப்படி ஒரு சந்தோசமான முகத்தை எங்கள் வீடு கண்டதில்லை. சின்ன மகள் இதற்கிடையில் கதிரையில் ஏறி, மேல்தட்டில் மிஞ்சியிருந்த மிளகை ஒவ்வொன்றாக வாயில் போட்டுத் துப்பிக்கொண்டிருந்தாள்.

ராசன் என் காதில் சொன்னான்: "கிளாக்கர் அண்ணை, இப்பத்தான் கப்பலுக்குக் கப்பித்தான் வந்திருக்கிறா."

ஒரு கிழமையில் அவர்களுக்கு வேறு வீடு கிடைத்தது. பாய்களைக் கழற்றித் தோய்த்துத் தந்தால்தான் கப்பல் வரலாம் என்று அக்கா கட்டளையிட்டார். கப்பித்தான் சுடுதண்ணீரில் ஊறவைத்து ஒவ்வொன்றாகப் பிரித்தெடுத்தார். மொட்டைப் பாய்மரங்களோடு கப்பல் படியிறங்கிப் போனது. பின்னால் பிள்ளைகள் இருவரும் ஆளுக்கொரு பீரங்கியோடு போனார்கள். கப்பித்தான் தெருவில் நின்று எங்கள் யன்னலைப் பார்த்துக் கையசைத்தார். ராசனுக்கும் எனக்கும் இன்னும் கடிதம் வரவில்லை.

மறுநாள் காலை ஐந்தரைக்கு எழும்பினேன். தேநீர் ஊற்றி, பாணில் மாஜரீன் பூசி, யன்னலடிக்குப் போய் நின்றபடி சாப்பிட்டேன். சற்று நேரத்தில் ராசனும் தன் பாணோடு வந்து பக்கத்தில் நின்றான். எங்களுக்குப் பின்னால் மேசை முழுவதும் வெறுமையாக இருந்தது.