மாப்பிள்ளையை மைதானத்தில் இறக்கியது தொடர்பாக

கொடைக்கானல்,
ஞாயிற்றுக்கிழமை.

மதிப்பிற்குரிய சம்பந்தி ஞானவேல் அவர்களுக்கு,

ஜெயமுருகன் பணிவுடன் எழுதிக்கொள்வது. சம்பந்தி என்று எழுதும் உரிமை எனக்கு இன்னும் இருக்கிறதா என்று தெரியவில்லை. இல்லையென்றால் அந்த ஒரு சொல்லை அடித்துவிட்டு மேலே படிக்கவும். இங்கே நானும் விசாலாட்சியும் மகள் ரோகிணியும் நலம். பாலசமுத்திரத்தில், மாப்பிள்ளை குகனின் வலது கணுக்கால் நீங்கலாக, அனைவரும் நலமாயிருக்கப் பழனியாண்டவரை வேண்டுகிறேன்.

நிச்சயதார்த்தத்துக்கு வந்த பையனைக் காலில் மாவுக்கட்டோடு திருப்பி அனுப்பிய காரணத்தைக் கைப்பட எழுதித் தர வேண்டும், இல்லாவிட்டால் கல்யாணப் பேச்சை நிறுத்துவதோடு பல்கலைக்கழகத்துக்கும் மனுப் போடுவேன் என்று வாட்ஸ்அப்பில் பேசி அனுப்பியிருந்தீர்கள். "புரொபசர் வீட்டுச் சம்பந்தம்னு சொன்னாங்க. இவரு என்னத்துக்குப் புரொபசருங்க?" என்றும் அதிலேயே கேட்டிருந்தீர்கள். இரண்டாவதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன்.

நான் இந்தச் சின்னக் கல்லூரியில் முப்பத்தொரு வருடமாக உடற்கல்வி இயக்குநர். கால்பந்து அணிக்குப் பயிற்சியாளரும் நான்தான். வரலாற்று வாத்தியார் லீவு போட்டால் வரலாறும் நான்தான். பானிப்பட்டுப் போர் வரைக்கும் நடத்தியிருக்கிறேன். பூண்டு எடுக்கும் காலத்தில் பூம்பாறைப் பையன்களும் காப்பி பறிக்கும் காலத்தில் பாச்சலூர்ப் பையன்களும் காட்டோடு நின்றுவிடுவார்கள். வீடு வீடாகப் போய் அவர்கள் அப்பாமாரிடம் பேசி, பரீட்சைக்கு ஆளைக் கூட்டிவருவதும் என் சோலிதான். அப்படிக் கூட்டிவந்தவர்களில் இரண்டு பேர் இன்று ஹெட்மாஸ்டர், ஒருவர் தாசில்தார். கால்பந்தில் மட்டும் எவரும் தேறவில்லை. அதற்கு எங்கள் மைதானமும் ஒரு காரணம். ஒரு கோல் கம்பத்தைவிட மற்றது ஓர் ஆள் உயரம் பள்ளத்தில் இருக்கிறது. இதில் பழகியவர்கள் திண்டுக்கல், மதுரை என்று சமதரையில் ஆடப் போனால், பந்து தானாக உருண்டு வரும் என்று பாதி நேரம் நின்று பார்ப்பார்கள். முப்பத்தொரு வருடத்தில் பல்கலைக்கழகப் போட்டியில் ஓர் ஆட்டம்கூட நாங்கள் ஜெயித்ததில்லை. மூன்று ஆட்டம் டிரா ஆகியிருக்கிறது. அதில் இரண்டு மூடுபனியால் பாதியில் நிறுத்தப்பட்டவை. வருகிற மே மாதம் எனக்கு ஓய்வு. அதற்குள் ஒன்றே ஒன்று ஜெயித்துவிட வேண்டும் என்று ஆசைப்பட்டேன். ஆசை என்று நாகரிகமாக எழுதுகிறேன், ஆறு மாதமாக எனக்குச் சோறு இறங்கவில்லை என்பதுதான் உண்மை.

இது பையன்களுக்கும் தெரியும். அணித் தலைவன் ராஜமுருகன் பதினான்கு பேரையும் பழனிக்குக் கூட்டிப்போய் மொட்டை போட்டு, சந்தனம் பூசிக் கூட்டிவந்துவிட்டான். ஏலே, ஜெயித்த பிறகல்லவா மொட்டை என்று கேட்டேன். "ஜெயிச்சப்பெறகு எல்லாரும்தான் சார் போடுறாக. நாம முன்னாடியே போட்டுட்டா சாமிக்கே சங்கடமாப் போயிரும்ல" என்றான். அதே வாரம், பெண் அமைந்துவிட்டது என்று தங்கள் வீட்டம்மா பொன்னுத்தாய் தம் வேண்டுதலை நிறைவேற்ற மாப்பிள்ளைக்கும் மொட்டை போட்டிருந்தார்கள் என்பதை இந்த இடத்தில் நினைவூட்டுகிறேன். குறையாகச் சொல்லவில்லை.

வியாழக்கிழமை நடக்க வேண்டிய ஆட்டம் மழையால் போன வாரம் நிச்சயதார்த்த ஞாயிற்றுக்கிழமைக்குத் தள்ளிப்போனது. இதில் என் தவறு ஒன்றுமில்லை. நம் வீடு மைதானத்தை ஒட்டிய குவாட்டர்ஸ் என்பதால், பத்தே நிமிஷத்தில் வருகிறேன் என்று விசாலாட்சியிடம் சொல்லிவிட்டுப் போனேன். ஏழு நிமிஷம் பாக்கி, இரண்டு பக்கமும் கோல் இல்லை. அப்போது எங்கள் முன்வரிசை ஆட்டக்காரனுக்குக் கெண்டைக்கால் பிடித்துக்கொண்டது. மாற்று ஆட்டக்காரர்களில் இரண்டு பேரை முன்பே இறக்கிவிட்டேன். மிச்சம் இருந்தவன் கோகுல். அவனோ, சரிவில் உருண்டுபோன பந்தை எடுக்கக் கீழே இறங்கியவன் இன்னும் ஏறி வரவில்லை. அந்த நேரம் பார்த்து மூடுபனி வந்து கவிந்தது. கோட்டுக்குப் பக்கத்தில் ஒரு மொட்டைத் தலை தெரிந்தது. அது வாயைத் திறப்பதற்குள் கோகுல் என்று நினைத்துத் தோளைப் பிடித்து, பனியனை மாட்டி, கெண்டைக்கால் பிடித்தவனின் பூட்ஸைப் போட்டு உள்ளே தள்ளிவிட்டேன். பட்டு வேட்டியைக் கையில் வாங்கிய பிறகும் ஆள் தெரியவில்லையா என்று கேட்டிருக்கிறீர்கள். நியாயமான கேள்விதான். அதற்குப் பிறகு வருகிறேன். மாப்பிள்ளை வேட்டிக்குள் போட்டிருந்த டிராயரும் எங்கள் அணியின் டிராயரும் ஒரே நீலம் என்பதால் நடுவருக்கும் சந்தேகம் வரவில்லை.

மாப்பிள்ளை பெரிதாக ஓடவில்லை. பந்து தன்னிடம் வந்ததும் எப்படியாவது தொலையட்டும் என்று ஓர் உதை விட்டார். நாங்கள் மேட்டிலிருந்து பள்ளத்தைப் பார்த்து ஆடிக்கொண்டிருந்தோம். பனிக்குள் போன பந்து எங்கே போனது என்று யாருக்கும் தெரியவில்லை. நடுவர் நடந்துபோய், வலைக்குள் கையை விட்டுத் தடவிப் பார்த்து, விசில் ஊதினார். அதற்குள் எதிரணிக்காரன் ஒருவன் மாப்பிள்ளையின் கணுக்காலை மிதித்துவிட்டான். பூட்ஸ் ஒரு நம்பர் சிறியது என்பதும் உண்மை. ஜெயித்தோம். பதினோரு மொட்டைகள் பன்னிரண்டாவது மொட்டையைத் தூக்கிக்கொண்டு, தாங்கள் தாம்பூலத் தட்டோடு உட்கார்ந்திருந்த வீட்டுக்குள் நுழைந்தபோதுதான் எனக்கே விஷயம் விளங்கியது. தங்கள் வீட்டம்மா "இதுல எம்புள்ள எதுங்க?" என்று கேட்க, ரோகிணிதான் சரியான தலையைக் காட்டினாள். பெண் பார்க்க வந்த அன்றைக்குக் குனிந்த தலை நிமிராமல் இருந்த பெண் என்று தாங்களே பாராட்டியதால் இதைச் சொல்கிறேன்.

நல்ல நேரம் போனதற்கும், வேட்டியில் சேறு பட்டதற்கும், கணுக்காலுக்கும் என்னை மன்னிக்க வேண்டும். கட்டு ஆறு வாரம், முகூர்த்தம் ஐந்தாவது வாரம். மாப்பிள்ளையை நாற்காலியோடு தூக்கி மணவறையைச் சுற்றிவர என் பையன்கள் தயார். இந்த முறை யாரும் கீழே போட மாட்டார்கள். அப்புறம், பல்கலைக்கழகத்துக்கு மட்டும் எழுதிவிடாதீர்கள். பதிவேட்டில் அந்தக் கோல் கோகுல் பேரில் ஏறியிருக்கிறது. மே மாதம் வரை அப்படியே கெடந்தால் எனக்குப் போதும்.

அண்ணியார் பொன்னுத்தாய் அவர்களுக்கு எங்கள் வணக்கம். மாப்பிள்ளைக்கு ஆசிகள், காலைத் தலையணை மேல் தூக்கி வைத்துக்கொள்ளச் சொல்லவும். மலையாண்டவன் இரு குடும்பத்தையும் ஒரே பக்கத்தில் ஆட வைக்கட்டும்.

இப்படிக்கு,
மு. ஜெயமுருகன்

பின்குறிப்பு: மேலே உள்ளதை நேற்றே உறையில் போட்டு ஒட்டிவிட்டேன். இன்று வெள்ளனே கோகுல் வந்தான். "சார், அந்தக் கோலு எம்பேர்ல இருக்காம்ல. நான் பந்து எடுக்கக் கீழ போயிருந்தேன். எங்கய்யா பாச்சலூர் பூராம் சொல்லிக்கிட்டுத் திரியிறாரு. வெரசா அழிச்சிருங்க சார், கூச்சமா இருக்கு" என்றான். அவன் போனதும் உறையைக் கிழித்து இதை எழுதுகிறேன். வேட்டிக் கேள்விக்குப் பதில்: ஆள் தெரிந்தது. வேட்டியை வாங்குவதற்கு முன்பே தெரிந்தது. மாப்பிள்ளை பக்கத்தில் வந்து, "மாமா, அப்பா கூப்பிடுறாங்க, நேரம் போகுதாம்" என்றார். முப்பத்தொரு வருடத்தில் எந்த மாணவனும் என்னை மாமா என்று கூப்பிட்டதில்லை. "ஏழு நிமிஷம் மாப்ளே, எனக்காக" என்றேன். அவர் வேட்டியைக் கழற்றி மடித்துக் கொடுத்தார். எழுதவே வெட்கமாக இருக்கிறது. நாலு பக்கத்தையும் மறுபடி எழுதக் கை வரவில்லை; மூடுபனியில் ஆள் தெரியவில்லை என்று வருகிற இடங்களைத் தள்ளிவிட்டுப் படித்துக்கொள்ளவும். பல்கலைக்கழகத்துக்கு நானே மெயில் அனுப்பிவிட்டேன். வெற்றி ரத்து என்று மத்தியானமே போனில் சொல்லிவிட்டார்கள். ஆகவே தாங்கள் மனுப் போட வேண்டியதில்லை. கோபத்தை என்னோடு வைத்துக்கொள்ளுங்கள், ரோகிணிமேல் காட்டிவிடாதீர்கள். மாப்பிள்ளை அந்தக் கோலைப் பற்றித் தினமும் அவளிடம் போனில் சொல்கிறாராம். ஒவ்வொரு நாளும் பந்து இன்னும் கொஞ்சம் தூரத்திலிருந்து போகிறதாம். அது செல்லாமல் போனது அவருக்குத் தெரியாது. கட்டுப் பிரிக்கும் வரை தாங்களும் சொல்லிவிட வேண்டாம்.