கட்டிலுக்கு அடியில் ஒரு நோயாளி

பூனை இன்றும் சாப்பிடவில்லை. தட்டில் வைத்த மீன் வைத்தபடியே காய்ந்து கிடந்தது.

கால்நடை மருத்துவர் குனிந்து கட்டிலுக்கு அடியில் பார்த்தார். பெட்டிகளுக்குப் பின்னால் ஒரே இருட்டு. "முதல்ல மிருகத்தோட மனசைப் படிங்க, அப்புறம் காய்ச்சலைப் பாருங்க" என்று மேடை மேடையாக முழங்கிக் கைதட்டல் வாங்குகிறவர் அவர்.

அக்கா வீட்டுக்குப் புறப்பட்ட மனைவி, "உங்ககிட்ட ஒரு ஜீவனும் ஒட்டாது" என்று சொல்லிவிட்டுப் போயிருந்தாள். பூனை அவர் மடியில் படுத்திருக்கும் படம் ஒன்றை அனுப்பிவிட்டால் போதும். வாயடைத்துப்போய்த் திரும்பி வந்துவிடுவாள்.

"பிரிவுத் துயரம். வீட்டம்மா இல்லாத ஏக்கம்" என்று கிளினிக்கில் கம்பவுண்டரிடம் அறிவித்தார்.

"சாப்பிடுதா, டாக்டர்?"

"தொடறதில்லை."

"மணல் தொட்டி?"

"சுத்தமா இருக்கு. மலச்சிக்கல்."

"கத்துதா?"

"மூச்சு விடல. முத்தின கேஸ்."

"கட்டிலை நகர்த்திப் பாருங்களேன்."

"யோவ், பலவந்தம் கூடவே கூடாது. நம்பிக்கையைச் சம்பாதிக்கணும்!"

சோப்பு வாசனை ஆகாதென்று குளிப்பதை நிறுத்தினார். கிளினிக்குக்கு வந்த நாய்கள் ஓடி ஒளிந்தன. பெருக்கும் சத்தம் ஆகாதென்று, வேலைக்கு வரும் பெண்ணை அந்த அறைப்பக்கமே விடவில்லை. மீனில் எறும்பு மொய்த்தது. நின்றால் மிரளுமென்று தரையில் படுத்தார். இடுப்பு பிடித்துக்கொண்டது.

கடைசியாக, மெல்லிய குரலில் பேசிப் பழக்கலாம் என்று கட்டிலுக்கு அடியிலேயே தலையை நுழைத்தார். முதலில் மேடைப் பேச்சு. அது தீர்ந்ததும் கிளினிக் கதை. அதுவும் தீர்ந்ததும் வேறு ஏதோ வந்தது.

"காப்பி கொடுக்கும்போது ஏதாவது சொல்லுவா. நான் நிமிர்ந்துகூடப் பார்த்ததில்லை. இப்ப வீட்ல ஒரு சத்தமும் இல்லை, தெரியுமா?"

இருட்டு அமைதியாக இருந்தது. குறுக்கே பேசாமல் இப்படிக் கேட்கிற ஜீவன் அவருக்கு இதுவரை வாய்த்ததில்லை. இன்னும் கொஞ்சம் உள்ளே நகர்ந்தார்.

முனகல் கேட்டு, துடைப்பமும் கையுமாக வேலைக்காரப் பெண் ஓடிவந்தாள்.

"ஐயா! யார்கிட்ட பேசுறீங்க?"

"உஸ்ஸ்! பூனை மிரண்டுடும். இப்பத்தான் என்கிட்ட ஒட்ட ஆரம்பிச்சிருக்கு."

அவள் அவருடைய கால்மாட்டில் உட்கார்ந்து, குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"எந்தப் பூனைய்யா? அம்மா கிளம்புன அன்னைக்கு, போன்ல பேசிக்கிட்டே அதைக் கூடையோட வண்டியில ஏத்திவிட்டதே நீங்கதானே!"