கிரேன்காரரின் உப்புக்கண்டம்

சாவதென்றால் உப்போடு சாவது என்று கிரேன்காரர் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை முடிவெடுத்தார். பல் தேய்த்துக்கொண்டே எடுத்த முடிவு.

அவருடைய அண்ணனும் கிரேன்காரர்தான். ஐம்பத்திரண்டாவது வயதில், தொண்ணூறு அடி உயரத்தில், கூண்டுக்குள் உட்கார்ந்தபடியே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு போய்ச் சேர்ந்தார். உடம்பை இறக்க இன்னொரு கிரேன் வர வேண்டியிருந்தது. தம்பிக்கு அடுத்த மாதம் ஐம்பத்திரண்டு. "உப்பை விடுங்க, இல்லேன்னா உசுரை விடுங்க" என்று டாக்டர் சொன்னதுதான் தாமதம், மருந்துக்கடையில் வேலை பார்க்கும் அவர் மனைவி வீட்டு உப்பு ஜாடியைக் கழுவிக் கவிழ்த்துவிட்டாள்.

உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்பார்கள். உப்பு இடாதவளை அவர் மூன்று மாதமாக வாய்க்கு வாய் நினைத்தார். ஒருநாள் தட்டைத் தள்ளிவைத்துச் சண்டைக்கே போனார்.

"உப்பில்லாப் பண்டம் குப்பையிலேன்னு சொல்லியிருக்காங்க, தெரியுமா?"

"தெரியும். உப்புத் தின்ன உங்க அண்ணன் எங்கேங்கறதும் தெரியும்."

தட்டை மறுபடி பக்கத்தில் இழுத்துக்கொண்டார்.

இத்தனை பத்தியத்துக்கும் ரத்த அழுத்தம் இம்மிகூட இறங்கவில்லை. "வீட்டுல ஒரு கல் உப்பு கிடையாது டாக்டர், அப்புறம் எப்படி?" என்று மனைவி கலங்கிப்போய்க் கேட்டாள். கிரேன்காரர் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்த ஞாயிறு அவளுக்குக் கடையில் வேலை. அவள் தலை மறைந்ததும் கிரேன்காரர் மாட்டிறைச்சியோடு வீட்டுக்குள் நுழைந்தார். உப்புக்கண்டம் போடுவது திட்டம். ஒரு மாதம் கெடாது, சட்டைப் பையில் அடங்கும், கேட்டால் தோல் துண்டு என்று சொல்லிவிடலாம். இறைச்சியை அரைகுறையாக உறையவைத்து மெல்லிசாக அரிந்தார். துணி துவைக்கும் மெஷினுக்குப் பின்னால் இரண்டு மாதமாக ஒளித்துவைத்திருந்த சோயா சாஸ் பாட்டிலை எடுத்து மொத்தத்தையும் கவிழ்த்தார். பூண்டு, மிளகு சேர்த்து இரண்டு மணி நேரம் ஊறவிட்டார். ஓவனை இருப்பதிலேயே குறைந்த சூட்டில் வைத்து, ஈரம் வெளியேறுவதற்காகக் கதவிடுக்கில் மரக்கரண்டியைச் செருகினார். வாசனை வெளியே போக ஜன்னல்களையெல்லாம் திறந்துவிட்டுக் குளிரில் ஐந்து மணி நேரம் காவல் இருந்தார்.

ஒரு துண்டை வளைத்தார். விரிசல் விட்டது, முறியவில்லை. சரியான பதம். கண்ணை மூடிக் கடித்தார்.

பூண்டு தெரிந்தது. மிளகு தெரிந்தது. உப்பு தெரியவில்லை.

இரண்டாவது துண்டு. மூன்றாவது. அப்புறம் அவருக்கு அண்ணனின் ஞாபகம் வந்தது. போவதற்கு முந்தின வாரம் போனில் சொன்னார்: "எதுலயும் உப்பே தெரிய மாட்டேங்குதுடா." தம்பி அன்றைக்கு அண்ணியின் சமையலைச் சொல்லிச் சிரித்தார். இப்போது அப்படியே அடுப்படித் தரையில் உட்கார்ந்துவிட்டார். நிஜமாகவே பயந்துபோனார்.

சாயங்காலம் மனைவி வந்தபோதும் அங்கேயேதான் இருந்தார்.

"என்னங்க, கீழே உக்காந்திருக்கீங்க?"

"முடிஞ்சுபோச்சும்மா. நாக்கு செத்துருச்சு. அண்ணனுக்கும் இப்படித்தான் ஆரம்பிச்சுது."

அவள் ஓவனைப் பார்த்தாள். தட்டைப் பார்த்தாள். பக்கத்தில் உட்கார்ந்து நாடி பிடித்தாள்.

"எப்போலேருந்து தெரியலை?"

"இன்னிக்குத்தான். வெள்ளிக்கிழமை வரைக்கும் நல்லாத் தெரிஞ்சுது."

"வெள்ளிக்கிழமை எதுல தெரிஞ்சுது?"

அவர் மறுபடியும் கூரையைப் பார்த்தார்.

"ஆஸ்பத்திரில முதல்ல இதைத்தான் கேப்பாங்க. மறைச்சா எந்த மருந்து குடுக்கறதுன்னு அவங்களுக்கு எப்படித் தெரியும்?"

உயிர்ப்பயம் எதைத்தான் மறைக்கவிடும்? கூண்டில் சீட்டுக்கு அடியில் ஒரு பொட்டலம் உப்பு. லாக்கரில், பழைய பூட்ஸுக்குள், சிப்ஸ். வாசல் கேட் காவலாளியிடம் ஒரு ஜாடி ஊறுகாய், அவன் பெயரில். ஒவ்வொன்றையும் அவள் மருந்துச் சீட்டின் பின்பக்கம் எழுதிக்கொண்டாள்.

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதாம்மா. அண்ணனை மாதிரி என்னையும் மேலேருந்து கட்டி இறக்க வெச்சுடாதே."

அவள் அவர் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள். அதில் நடிப்பில்லை. பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, தட்டிலிருந்து ஒரு துண்டை எடுத்து மென்றாள்.

"உப்பு இல்லதான்."

"உனக்கும் தெரியலையா!"

"இருந்தாத்தானே தெரியும்? அந்த பாட்டில்ல இருந்தது கருக்கின சர்க்கரைத் தண்ணி. போன மாசமே மாத்திட்டேன். வாசனைக்கு மட்டும் அடியில கொஞ்சம் சாஸ் விட்டு வெச்சேன்."

கிரேன்காரர் துள்ளி எழுந்தார். உயிர் வந்தது, கூடவே கோபமும் வந்தது. "அப்போ உனக்கு எல்லாமே முன்னாடியே தெரியுமா?"

"பாட்டில் ஒண்ணுதாங்க தெரியும்" என்று அவள் சீட்டை நாலாக மடித்துக் கைப்பையில் வைத்தாள். "மீதி எங்கே இருக்குன்னுதான் மூணு மாசமாத் தேடிட்டிருந்தேன்."