எஞ்சினை அணைக்காமல் பெண் பார்க்கப் போனது

பழைய கல்பாத்தி,
20-2-1974

சிரஞ்சீவி துரைசுவாமிக்கு, அக்கா வாலாம்பாள் அநேக ஆசீர்வாதங்களுடன் எழுதிக்கொள்வது. இங்கே நானும் உன் அத்திம்பேரும் சுந்தரேசனும் சௌக்கியம். நாக்பூரில் நீயும் உன் அகமுடையாளும் குழந்தைகளும் சௌக்கியமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். குளிர் விட்டதா, சின்னவனுக்கு இருமல் நின்றதா என்றெல்லாம் நாலு வரி விசாரித்துவிட்டு விஷயத்துக்கு வருவதுதான் மரியாதை. பேனாவை எடுத்தபின் அவ்வளவு பொறுமை இல்லை. விசாரித்ததாக வைத்துக்கொள். மாற்றலாகிப் போகும்போது எங்கள் தலையில் ஒரு காரைக் கட்டிவிட்டுப் போனாயே, அதைப் பற்றித்தான் இந்தக் கடிதம்.

சுந்தரேசனுக்கு ஒரு ஜாதகம் பொருந்தியிருப்பதாகப் போன மாதம் எழுதியிருந்தேன். பெண்ணின் அப்பா முத்துசுவாமி, போடிமெட்டுக்கு அந்தப்புறம் ஒரு ஏலத்தோட்டத்தில் ஹெட் கிளார்க். பூர்வீகம் நம்முடைய பாலக்காட்டு நூறணிதான். பெண்ணின் பெயர் சுப்புலட்சுமி. பஸ்ஸில் போய்ப் பார்த்துவிட்டு வரலாம் என்றுதான் நான் சொன்னேன். கஞ்சிக்கோடு ஃபாக்டரிக்கு தினமும் பஸ்ஸில் போகிற பிள்ளை, அவனும் சரியென்றான். உன் அத்திம்பேர்தான் கேட்கவில்லை. "முப்பது வருஷம் காலேஜ்ல மின்சாரம் பாடம் எடுத்தவனாக்கும் நான். வாசல்ல கார் நிக்கறச்சே பஸ்ஸுக்கு வரிசையில நிக்கணுமா?" என்றார். மின்சாரப் பாடத்துக்கும் பஸ் வரிசைக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்டால் அதற்கும் ஒரு பாடம் நடத்துவார். ஆகவே சனிக்கிழமை விடியற்காலம் கிளம்பிப் பொள்ளாச்சி, பழனி, தேனி என்று சுற்றிச் சாயங்காலம் போடிக்குப் போய்ச் சேர்ந்து, ஒரு லாட்ஜில் தங்கினோம். அதுவரைக்கும் உன் கார் பரம சாது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் குளித்து, நான் பட்டுப்புடவை கட்டி, பழமும் புஷ்பமும் தேங்காயும் பின்னால் வைத்து, மூவரும் ஏறி உட்கார்ந்தபின் உன் அத்திம்பேர் சாவியைத் திருகினார். "டக்" என்றது. அவ்வளவுதான். மறுபடி திருகினார். மறுபடி "டக்." யாரோ உள்ளே உட்கார்ந்து நாக்கைச் சொடுக்குகிற மாதிரி இருந்தது. "பாட்டரி வீக்காக்கும்" என்று தீர்ப்புச் சொல்லிவிட்டு இறங்கி, பாட்டரியின் தலையைச் சுரண்டித் துடைத்தார். "டக்." லாட்ஜில் இலை எடுக்கிற ஆள்களும், காலை பேப்பர் படித்துக்கொண்டிருந்த ஒரு ஏல வியாபாரியும் சேர்ந்து எங்களைக் கடைத்தெரு முனைவரைக்கும் தள்ளினார்கள். வண்டி கிளம்பிற்று. கிளம்பியதும் உன் அத்திம்பேர் எங்கள் இருவருக்கும் ஒரு சட்டம் போட்டார். "இனிமே ஆத்துக்குத் திரும்பற வரைக்கும் எஞ்சினை ஓஃப் பண்ணப்படாது. ஏன்னு யாரு கேட்டாலும் மூச்சு விடப்படாது. பொண்ணாத்துக்காரா முன்னாடி மானம் போயிடும், கேட்டயா?"

மலைமேல் கொண்டையூசி வளைவுகளில் நான் எத்தனை தெய்வங்களைக் கூப்பிட்டேன் என்பது உனக்கு வேண்டாம். மேலே கேரள எல்லைச் செக்போஸ்ட்டில் ஒரு காவல்காரர் கையை நீட்டி, "எஞ்சின் ஓஃப் ஆக்கூ சாரே" என்றார். உன் அத்திம்பேர் முடியாது என்றார். எஞ்சினை அணைக்க மறுக்கிற மனுஷனைப் பார்த்ததும் அவருக்கு எவ்வளவு சந்தேகம் வந்திருக்கும்! பின்பக்கத்தைத் திறந்து தேங்காயை ஒவ்வொன்றாகக் காதருகே ஆட்டிப் பார்த்தார். பூவுக்குள் கையை விட்டுத் துழாவினார். பெண் பார்க்கப் போகிறோம் என்று சுந்தரேசன் வெட்கத்தோடு சொன்னதும் சிரித்துக்கொண்டே விட்டுவிட்டார். எஞ்சின் அப்போதும் ஓடிக்கொண்டுதான் இருந்தது.

பத்து மணிக்குப் பெண் வீட்டு வாசலில் இறங்கினோம். வீடு ஒரு பள்ளத்தில் இருக்கிறது. எந்தப் பக்கம் தள்ளினாலும் மேடு. அதைப் பார்த்ததும் உன் அத்திம்பேர் என்னை ஒரு தடவை பார்த்தார். எஞ்சினை ஓடவிட்டுச் சாவியை அப்படியே விட்டுவிட்டு வந்தார். முத்துசுவாமி வெள்ளை வேஷ்டி கட்டி, கைகூப்பி வந்து அழைத்துப் போனார். உள்ளே நாற்காலியில் உட்கார்ந்தோம். வெளியே உன் கார் திருகையில் உளுந்து அரைக்கிற மாதிரி அரைத்துக்கொண்டே இருந்தது. புகை காற்றில் திரும்பி ஜன்னல் வழியாகக் கூடத்துக்கே வந்தது. பெட்ரோல் விற்கிற விலையில் அந்த மனுஷர் தோட்டத்து ஜீப்புக்குச் சொட்டுச் சொட்டாக அளந்து கொடுக்கிறவராம். இரண்டு நிமிஷத்துக்கு ஒரு தடவை வாசலை எட்டிப் பார்த்தார்.

"இன்னும் எங்கேயாவது போக வேண்டியிருக்கா?" என்று கேட்டார்.

"அதெல்லாம் ஒண்ணும் இல்லை."

"இல்லை, அவசரமோன்னு பார்த்தேன்."

"அவசரமா? எங்களுக்கா?" என்று உன் அத்திம்பேர் சிரித்தார். அந்தச் சிரிப்பைப் பார்த்தால் எனக்கே சந்தேகம் வந்திருக்கும்.

பேச்சும் ஒழுங்காகக் காதில் விழவில்லை. "பையனுக்கு ஷிஃப்ட் உண்டா?" என்று முத்துசுவாமி கேட்டார். உன் அத்திம்பேர் காதில் அது எப்படி விழுந்ததோ, நெஞ்சில் கை வைத்துக்கொண்டு, "கிஃப்ட் எல்லாம் நாங்க வாங்கறதே இல்லை!" என்று முழங்கினார். முத்துசுவாமி எழுந்து மறுபடி கும்பிட்டார். அன்றைக்கு உன் அத்திம்பேர் பேசியதில் உருப்படியானது அது ஒன்றுதான். வரதட்சிணை வேண்டாம் என்று சொன்ன மாதிரி ஆயிற்று, இனி மாற்றவும் முடியாது. ரொம்ப நல்லதாய்ப் போயிற்று.

அரை மணி ஆயிற்று. காபி வரவில்லை, பெண்ணும் வரவில்லை. பெண்ணின் அம்மா ஜானகி உள்ளேயிருந்து ஜாடை காட்டி என்னைக் கூப்பிட்டாள். அடுக்களைக்குப் போனேன். பெண் மூலையில் பட்டுப்புடவையோடு நின்று, கறிவேப்பிலையைக் காம்பு காம்பாகக் கிள்ளிக்கொண்டிருந்தாள். குழம்புக்கு இல்லை, சும்மா. கண் சிவந்திருந்தது.

"மாமி, தப்பா எடுத்துக்கப்படாது" என்றாள் ஜானகி. "பிடிக்கலைன்னா இப்பவே சொல்லிடுங்கோ. போன ஆவணியில திருச்சூர்லேர்ந்து ஒருத்தர் வந்தா. டாக்சியை நிறுத்தவே இல்லை, வாசல்ல ஓடிண்டே இருந்தது. இவ காபி கொண்டு வரதுக்குள்ள எழுந்துண்டு போயாச்சு. ஒரு கார்டு கூடப் போடலை. காத்துண்டே இருந்தோம். அதுலேர்ந்து வாசல்ல வண்டிச் சத்தம் நிக்காம கேட்டா இவளுக்கு முகமே மாறிடறது."

எங்கள் கார் கிளம்பாது என்று சொன்னால் உன் அத்திம்பேருக்கு மானம் போகும். சொல்லாவிட்டால் இந்தப் பெண்ணுக்கு மறுபடி ஒரு தடவை அதே அவமானம். எது பெரிசு என்று பார்க்க ஒரு தராசு கூட வேண்டியிருக்கவில்லை. விறுவிறுவென்று வாசலுக்குப் போனேன். அந்தக் காரில் நான் இடது பக்கக் கதவைத் தவிர வேறு கதவைத் தொட்டவள் இல்லை. வலது பக்கக் கதவைத் திறந்து, கையை விட்டுச் சாவியைத் திருகி அணைத்தேன். அப்பாடா, என்ன நிசப்தம்! பக்கத்தில் ஒரு ஓடை ஓடுகிறது என்பதே அப்போதுதான் தெரிந்தது.

"வாலா!" என்று உன் அத்திம்பேர் ஓடி வந்தார். முகத்தில் ரத்தமே இல்லை.

நான் அடுக்களை வரைக்கும் கேட்கிற மாதிரி சொன்னேன்: "எங்களுக்கு ஒரு அவசரமும் இல்லை. சாப்பிட்டுட்டு, சாயங்காலம் வரைக்கும் இருந்துட்டுத்தான் போறோம்."

ஐந்து நிமிஷத்தில் காபி வந்தது. பெண் வந்து நமஸ்காரம் பண்ணினாள். நல்ல முகம், துரை. நிமிர்ந்து பார்க்கிறாள். சுந்தரேசன் நிமிரவே இல்லை. சாப்பாட்டில் புளிங்கறியும் கூட்டும் ஒன்றுக்கொன்று சளைக்கவில்லை. எல்லாம் நல்லபடியாக நடந்து மூன்று மணிக்கு விடைபெற்று, அத்தனை பேரும் வாசலில் நிற்க, உன் அத்திம்பேர் கண்ணை மூடிக்கொண்டு சாவியைத் திருகினார்.

"டக்."

இனி மறைக்க வழி இல்லை. நானே முழுக் கதையையும் சொன்னேன். முத்துசுவாமி எங்களை மாறி மாறிப் பார்த்தார். "இதுக்காகவா? இதுக்காகவா காலம்பறேர்ந்து ஓடிண்டிருந்தது?" என்று சொல்லி, வேஷ்டித் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார். ஜானகி கதவைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். பெண் உள்ளே ஓடிப்போய்ச் சிரித்தாள். சம்பந்தம் அந்த இடத்திலேயே நிச்சயமாகிவிட்டது என்று எனக்குத் தோன்றிற்று.

தோட்டத்து மெக்கானிக் பெரியமுத்துவுக்கு ஆள் போயிற்று. ஏலக்காய் உலர்த்துகிற ஸ்டோரிலிருந்து ஒரே ஒரு பெரிய ஸ்குரூ டிரைவரோடு வந்தான். உன் அத்திம்பேர் அவனுக்கு முதலில் பாட்டரியைப் பற்றி விளக்கினார். அவன் மரியாதையாகக் கேட்டுவிட்டு, "ஏஞ் சார் பேட்டரிய வையிறீங்க? லைட்டப் போட்டுக்கிட்டு யாராச்சும் சாவியத் திருகச் சொல்லுங்க" என்றான். தோட்டத்து ஜீப்பின் சாவி பழக்கம் இருப்பதால் சுப்புலட்சுமியை உட்காரச் சொன்னார்கள். சுந்தரேசன் பானெட்டுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டான்.

"போடுங்கோ" என்றான். "டக்."

"பாத்தீங்களா? லைட்டு மங்கவே இல்ல. பேட்டரி நல்லாருக்கு. மோட்டாரு இறுகியிருந்தா லைட்டு அப்படியே செத்துப் போயிரும். இங்க டக்குங்குது, ஆனா கரண்டு மோட்டாருக்குப் போய்ச் சேரல. நடுவுல ரிலே ஒண்ணு இருக்கும், அதுலதான் கோளாறு."

"அதைத்தான் நான் சொல்ல வந்தேன்" என்று உன் அத்திம்பேர் ஒரு கறுப்புப் பெட்டியைச் சுட்டிக் காட்டினார். "இதோ ரிலே."

"அது சார்ஜ் ஏத்துற பெட்டி சார்."

வேறொன்றைக் காட்டினார். அது ஹாரன். அப்புறம் ஓம் விதியைச் சொன்னார். பாட்டரியை மறுபடி சந்தேகப்பட்டார். ஒவ்வொரு சந்தேகத்துக்கும் ஒரு தடவை சாவி திருக வேண்டியிருந்தது. பெரியமுத்து கடைசியில், "அந்தத் தடிச்ச வயரப் புடிச்சுக்கிட்டே போங்க சார், அதுவே கொண்டுபோய் விடும்" என்றான். பாட்டரியிலிருந்து விரல் தடிமனான வயர் எஞ்சினுக்குப் பின்பக்கத் தகரத்துக்குப் போயிற்று. அங்கே ஒரு பழைய பனியன் அடைத்திருந்தது. அதை உருவினால் உள்ளே குங்குமச் சிமிழ் அளவில் ஒரு உருண்டை டப்பா, இரண்டு பக்கமும் இரண்டு பெரிய முனைகள். துரை, அந்தப் பனியன் யாருடையது என்று நான் கேட்கப் போவதில்லை. கழுத்துப் பட்டையில் வண்ணான் குறி இன்னும் அழியவில்லை என்று மட்டும் சொல்லி வைக்கிறேன்.

கியர் விழவில்லையே என்று பார்த்துக்கொண்டு, பெரியமுத்து ஸ்குரூ டிரைவரை அந்த இரண்டு முனைகளுக்கும் குறுக்கே வைத்தான். பளிச்சென்று பொறி பறந்தது. எஞ்சின் உறுமிச் சுழன்றது. உன் அத்திம்பேர் பூச்செடிக்குள் குதித்தார். "அவ்ளோதான் சார். மோட்டாரு நல்லாருக்கு. ரிலேவுக்குள்ள தகடு கருகிப் போச்சு" என்று டப்பாவைக் கழற்றித் திறந்து, கருகிய தகட்டை உப்புத்தாளால் தேய்த்து மாட்டினான். புதுசு வாங்கும் வரைக்கும் தாங்குமாம்.

இதற்கெல்லாம் ஒன்றரை மணி நேரம். நான் எண்ணிக்கொண்டே இருந்தேன். முதலில் "போடுங்கோ", "நிறுத்துங்கோ" என்று சொல்லிக்கொண்டிருந்தான் நம் பிள்ளை. பத்தாவது தடவையில் "போடு", "நிறுத்து" ஆயிற்று. இருபதாவது தடவையில் அவள், "போடட்டுமா?" என்று தலையை வெளியே நீட்டிக் கேட்டாள். இவன் "போடேன்" என்றான். கல்யாணத்துக்கு முன்னால் நானும் உன் அத்திம்பேரும் இதில் கால் பங்கு பேசியதில்லை.

ஆக, பெண் பிடித்திருக்கிறது. அவர்களுக்கும் சம்மதம் என்று இன்று கார்டு வந்துவிட்டது. வைகாசியில் முகூர்த்தம் இருக்கும். நீ குடும்பத்தோடு பத்து நாள் முன்னதாகவே வந்துவிட வேண்டும். உன் அத்திம்பேரிடம் ரிலே என்ற வார்த்தையை மட்டும் எடுக்காதே. ஒரு மெக்கானிக்குக்குத் தெரிந்தது தனக்குத் தெரியவில்லையே என்று மனுஷர் மூன்று நாளாக வாயே திறக்கவில்லை. பாவமாக இருக்கிறது. நீங்கள் எல்லோரும் தீர்க்காயுசாக, நோய் நொடி இல்லாமல், கூப்பிட்ட உடனே கிளம்புகிற வாகனங்களோடு இருக்க வேண்டும் என்று ஆசீர்வதிக்கும்

உன் அக்கா,
வாலாம்பாள்

பி.கு. துரை, இது அத்திம்பேர் எழுதுவது. தபாலாபீசில் ஸ்டாம்பு ஒட்டுவதற்கு முன்னால் முழுவதும் படித்தேன். போடியில் எனக்கு ஒன்றும் தெரியாது என்பது உண்மை. மலை ஏறும்போது யோசித்து, கோளாறு ரிலேயில்தான் என்று பாதி வழியிலேயே தெரிந்துகொண்டேன். அது எங்கே இருக்கிறது என்பதுதான் தெரியாது. பெரியமுத்து வந்த அஞ்சாவது நிமிஷத்தில் வேலையை முடித்திருப்பான். நான்தான் ஹாரனைக் காட்டினேன், ஓம் விதியை மூன்று தடவை சொன்னேன், பாட்டரியை மறுபடி மறுபடி சந்தேகப்பட்டேன். அந்தப் பெண் சாவி திருகும்போதெல்லாம் நம் பையன் சிரித்ததைத் தான் மட்டுமே பார்த்ததாக உன் அக்கா நினைக்கிறாள். அவளிடம் சொல்லாதே. முப்பது வருஷம் கிளாஸ் எடுத்தவனுக்கு, மணி அடிக்கிற வரைக்கும் பாடத்தை நீட்டத் தெரியாதா?